புளிமிளகாய் கிளறிய நாள்

கல்யாணமாகி மூன்றாவது கோடையில், பட்டுக்கோட்டைப் பக்கத்திலிருந்து வலங்கைமான் பக்கம் வாழவந்த எனக்கு, மாமியார் புளிமிளகாய் கிளறும் பொறுப்பைத் தந்தார். அந்த வீட்டில் வருடத்துக்கு ஒருமுறை ஒரு பெரிய ஜாடி நிறையச் செய்வார்கள். ஆறு வறண்டு, வயலில் வேலையில்லாமல் கிடக்கும் மாதங்களில், தயிர்சாதத்துக்கு அதுதான் துணை. தித்திப்பும் புளிப்பும் முதலில் நாக்கில் படும். விழுங்கிய பிறகுதான் காரம் தெரியும்.

எங்கள் வயலில் நடவுக்கும் அறுப்புக்கும் வரும் ஒரு பெண் காலையிலேயே முறம் நிறையப் பச்சை மிளகாய் கொண்டுவந்தார். தன் குடிசையோரம் போட்ட செடியில் பறித்தது. என்னைவிடப் பதினைந்து வயதாவது மூத்தவர். அன்றைக்கு நான் அவரை 'வா, போ' என்றுதான் பேசினேன். அவர் என்னைச் 'சின்னம்மா' என்றார். இப்போது எழுதும்போதுதான் 'அவர்' என்று வருகிறது.

கொல்லைக் கிணற்றடி நிழலில் உட்கார்ந்து இருவரும் காம்பு கிள்ளினோம். ஊரில் கூலிச் சண்டை ஓய்ந்து ஒரு வருடம்தான் ஆகியிருந்தது. புதிதாக நில உச்சவரம்புச் சட்டம் வந்திருந்தது. அளவுக்கு மேல் இருக்கும் நிலத்தை எடுத்து, நிலமில்லாதவர்களுக்குக் கொடுக்கப்போகிறார்கள் என்று தெருவெல்லாம் பேச்சு.

"இலுப்பையடி வயலு எங்களுக்கு வரும்னு சொல்லிக்கிறாங்க சின்னம்மா" என்றார் அவர், தலை நிமிராமல். "வருதோ இல்லையோ."

"எது அது? நான் பார்த்ததில்லையே."

அவர் முகம் மலர்ந்துவிட்டது. "வடக்க வாய்க்கா, கெழக்க இலுப்பமரம், தெக்க கோயில் நெலம், மேக்க வண்டிப்பாத. வாய்க்கா ஓரத்துல மட்டும் கொஞ்சம் பள்ளம். தண்ணி வடியாது, நாத்து அழுகிப்போவும். எம் மாமியா காலத்துலேருந்து நாங்கதான் அதுல நடுறோம்."

அடுப்பு மூட்டினேன். கீறிய மிளகாயை நல்லெண்ணெயில் தோல் வெளுக்கும்வரை வதக்கி, கெட்டியாகக் கரைத்த புதுப்புளியை ஊற்றினேன். மஞ்சள், கல்லுப்பு, பெருங்காயம், வறுத்துப் பொடித்த வெந்தயம். பச்சை வாசனை போனதும் வெல்லம். வெல்லம் சேர்ந்த பிறகு கரண்டியைக் கீழே வைக்கக் கூடாது, அடிபிடித்துவிடும். எண்ணெய் பிரிந்து, தட்டில் விட்ட சொட்டு ஓடாமல் பளபளவென்று கூழ்போல் நின்றால் பதம்.

வெல்லம் கரைந்துகொண்டிருக்கும்போது மாமனார் அடுக்களை வாசலில் வந்து நின்றார். இந்தச் சட்டத்தைக் கொண்டுவந்த கட்சி ஆட்சிக்கு வந்தபோது ஊருக்கே மிட்டாய் கொடுத்தவர். அடுக்களைப் பக்கமே வராதவர்.

"ஆபீசுலேருந்து உச்சவரம்பு விசாரணைக்கு ஒருத்தர் வந்திருக்காரும்மா. இலுப்பையடி வயல் உன் பேர்ல இருக்கு. உங்கப்பா சீரா வாங்கிக் குடுத்ததுன்னு சொல்லிடு. வேற ஒண்ணும் பேசவேணாம்."

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. கல்யாணமான புதிதில் ஏதோ காகிதத்தில் கையெழுத்து வாங்கினார்கள். என்னவென்று நான் கேட்கவில்லை. மாமியார் என் கையிலிருந்த கரண்டியை வாங்கிக்கொண்டு, "போ, நான் கிளறுறேன்" என்றார்.

கூடத்தில் அதிகாரி நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். சின்ன வயதுக்காரர். மரியாதையாகத்தான் பேசினார்.

"நிலம் உங்களுதாம்மா?"

"ஆமாங்க. எங்கப்பா வாங்கிக் குடுத்தது."

"நிலத்தைப் பாத்திருக்கீங்களா?"

"பாத்திருக்கேன்."

"அப்ப சக்குபந்தி சொல்லுங்க. நாலு பக்கமும் என்ன இருக்கு?"

மாமனாரின் முகம் கறுத்தது. நான் தெரியாது என்று சொல்லியிருந்தால், சும்மா என் பேருக்கு எழுதிவைத்தது என்று அங்கேயே வெளிப்பட்டிருக்கும். ஆனால் என் வாய் திறந்துகொண்டது. வடக்கே வாய்க்கால், கிழக்கே இலுப்பைமரம், தெற்கே கோயில் நிலம், மேற்கே வண்டிப்பாதை. அதோடும் நிறுத்தவில்லை. வாய்க்கால் ஓரத்தில் பள்ளம் இருக்கிறது, நாற்று அழுகும் என்றேன். அதிகாரி தலையாட்டிக்கொண்டே எழுதிக்கொண்டார். பள்ளத்தைச் சொன்னதில்தான் அவருக்குச் சந்தேகம் முழுதாகத் தீர்ந்தது என்று நினைக்கிறேன்.

அந்த வீட்டில் கூடத்தில் பேசினால் கொல்லையில் கேட்கும். திரும்பிப் பார்த்தேன். கிணற்றடியில் அவர் எழுந்து நின்றுகொண்டிருந்தார். முறத்தைத் தட்டி, இடுப்பில் வைத்துக்கொண்டு, கொல்லைப்படலைத் திறந்து போய்விட்டார். படலைத் திரும்ப ஒழுங்காகச் சாத்திவிட்டுத்தான் போனார்.

புளிமிளகாய் அந்த வருடம் நன்றாக அமைந்துவிட்டது. மாமனார் இரண்டாம் தரம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டு, "மருமகளுக்குக் கைப்பக்குவம் இருக்கு" என்றார். அன்று முழுக்க, மிளகாய் கிள்ளிய என் விரல்கள் எரிந்தன. மோரில் கைவைத்தும் அடங்கவில்லை.

நான்கு நாள் பொறுத்து, ஒரு தூக்கில் கொஞ்சம் எடுத்துக்கொண்டு அவர் குடிசைக்குப் போனேன். எங்கள் வீட்டுப் பெண்கள் அந்தத் தெருவுக்குப் போகும் வழக்கமில்லை. அவர் வாசலில் கீற்று முடைந்துகொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்தார்.

"எம் பேர்ல இருக்குன்னு எனக்கே அன்னைக்குத்தான் தெரியும்" என்றேன்.

"அதுக்கு என்ன சின்னம்மா. நான் சொன்னதத்தானே சொன்னீங்க. ஒரு எடம்கூடத் தப்பாச் சொல்லல."

அதில் கோபம் இருந்ததா என்று இன்றுவரை எனக்குப் புரியவில்லை. நான் தூக்கை நீட்டினேன். கொஞ்ச நேரம் அதையே பார்த்தார்.

"குடுங்க. மொளகா எங்களுதுதானே."

உள்ளே போய்ச் சட்டியில் மாற்றிக்கொண்டு, தூக்கைக் கழுவித் துடைத்துத் திருப்பிக் கொடுத்தார். உட்காரச் சொல்லவில்லை. அதற்குப் பிறகு வயல் வேலைக்கு வந்தார், எங்கள் கொல்லைக்கு வரவில்லை.

பல வருடங்கள் கழித்து மாமனார் காலமானபின், இலுப்பையடி வயலை விற்றுவிடலாம் என்றார் என் கணவர். அதில் நட்டுவந்தவர்களுக்கே கொடுத்துவிடலாமே என்று நான் ஒரே ஒருமுறை கேட்டேன். கணவர் பேப்பரிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"உன் பேர்ல இருக்கு, அவ்வளவுதான். உன் நிலமா அது?"

பத்திர ஆபீசில் சம்மதம்தானா என்று கேட்டார்கள். சம்மதம் என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டேன். யாரும் என் கையைப் பிடித்து எழுதவைக்கவில்லை.

அந்த வருடம் தண்ணீர் வந்து நடவு நடந்தபோது, பஸ்ஸில் அந்த வழியாகப் போனேன். வயலை வாங்கியவர்கள் வாய்க்கால் ஓரத்துப் பள்ளத்தில் புது மண் கொட்டி மேடாக்கியிருந்தார்கள். வரிசையாகக் குனிந்து நட்டுக்கொண்டிருந்த பெண்களில் அவரும் இருந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது. பஸ் நின்றது. இரண்டு பேர் இறங்கினார்கள். நான் ஜன்னலோரம் உட்கார்ந்தே இருந்தேன்.