தடை வாங்கிய மாடியில் தார்ப்பாய்

தாம்பரத்தில் எங்கள் பக்கத்து வீட்டு மொட்டைமாடியில் செல்போன் டவர் வைக்க வேலை தொடங்கினார்கள். கதிர்வீச்சுக்குப் பயந்து வழக்குப் போட்டேன். வழக்கு முடியும்வரை மாடியில் எந்த வேலையும் செய்யக்கூடாது என்று இடைக்காலத் தடை கிடைத்தது. நிம்மதியாகத் தூங்கினேன்.

பிறகு ஐப்பசி மழை பிடித்துக்கொண்டது. ஒருநாள் காலை, என்னோடு பேச்சை நிறுத்தியிருந்த அந்த வீட்டுக்காரர் நனைந்தபடி வாசலில் நின்றார்.

“சார், டவர் கம்பிக்குப் போட்ட ஓட்டை வழியா தண்ணி கொட்டுது. கீழ அம்மா படுத்திருக்காங்க. தார்ப்பாய் போட்டு மூடிக்கட்டுமா?”

“உங்க மாடிதானே? என்னை எதுக்குக் கேக்கறீங்க?”

“நல்லா கேட்டீங்க! கை வெச்சா கோர்ட் அவமதிப்புன்னு நோட்டீஸ் விட்டது உங்க வக்கீல்தானே சார்?”

அவருடனேயே மாடியேறி, தார்ப்பாயின் ஒரு முனையைப் பிடித்தேன்.

வழக்கை நான் விடவில்லை. டவர் இன்றும் வேண்டாம்தான். ஆனால் தடை கேட்ட அன்று மாடியை மட்டுமே பார்த்திருந்தேன். அதற்குக் கீழே ஒருவர் படுத்திருப்பார் என்று நினைக்கவேயில்லை.