வேறு ஷாஃப்ட் வழியாக வந்த மருந்து

மருந்துக் கடையில் கவுண்டருக்குப் பின்னால் நிற்பவருக்கு முதலில் வேண்டியது இங்கிலீஷ் அல்ல, பயத்தைக் காட்டாத முகம். எனக்கு இங்கிலீஷ்தான் இருந்தது. கான்வென்ட்டில் படித்தவள், லேபிள் படிப்பாள் என்றுதான் ராபர்ட்சன்பேட்டை பஜாரில் கடை வைத்திருக்கும் சம்பந்தம் முதலாளி என்னை வேலைக்கு எடுத்தார். முகத்தைப் பிறகுதான் கவனித்தார்.

பயப்படக் காரணங்கள் இருந்தன. வீட்டுக்காரருக்கு மைசூர் மைன்ஸ் தங்கச் சுரங்கத்தில் அண்டர்கிரவுண்ட் வேலை. மகள் வசந்திக்கு எட்டு மாதத்தில் நிமோனியா வந்து, பிழைத்ததே பெரிய காரியம். அதற்கப்புறம் பனி விழுந்தால் போதும், நெஞ்சில் சளி கட்டிக்கொள்ளும். அவர் ஷாஃப்ட் என்கிற ஆழக் குழியிலிருந்து இரும்புக் கேஜில் ஏறி மேலே வருவதையும், அவள் மூச்சு சத்தமில்லாமல் வருவதையும் மாறி மாறிக் கவனிப்பதுதான் என் பொழுது. அவள் தூங்கிய பிறகு இதை எழுதுகிறேன். குழந்தையின் மூச்சைக் காது வைத்துக் கேட்டுக்கொண்டே அடுத்தவர் குழந்தைக்கு மருந்து விற்கும் பெண்கள் என்னைப் போல வேறு ஊர்களிலும் இருப்பீர்கள். உங்களுக்குத்தான் இது.

சங்கு ஊதாத நாள்

எங்கள் ஊரில் கடிகாரம் இல்லாத வீடு உண்டு, சங்குச் சத்தம் எட்டாத வீடு கிடையாது. ஷிஃப்ட் மாறும்போதெல்லாம் மைன்ஸில் சங்கு ஊதும். உலை வைப்பதும் பிள்ளைகளைப் பள்ளிக்கு விரட்டுவதும் அதை வைத்துத்தான். அதனால் ‘தினம் மூன்று வேளை’ என்று நான் சொல்வதில்லை. ‘சங்குக்கு ஒரு மாத்திரை’ என்பேன். யாரும் திருப்பிக் கேட்க மாட்டார்கள். என் கண்டுபிடிப்பு என்று கொஞ்சம் கர்வமும் இருந்தது.

ஸ்கெலட்டன் என்கிற மைன்ஸ் குடியிருப்பில் எங்கள் லைன் வீட்டு வரிசையிலேயே இருப்பவர் குப்பம்மாக்கா. பேரனுக்குக் காதுவலி மாத்திரை வாங்கிப் போனவர், திங்கட்கிழமை மிச்ச மாத்திரைகளோடு வந்து நின்றார். பையனுக்கு வலி திரும்பிவிட்டதாம். நேற்று ஏன் கொடுக்கவில்லை என்று கேட்டேன். “நீதான சொன்ன கான்வென்ட்டு, சங்குக்கு ஒண்ணுன்னு? நேத்து நாயித்துக்கெழம, சங்கே ஊதல. நான் இன்னா பண்றது?”

திரும்பி நின்ற கிளி

எங்கள் கடையில் கிளிப் படம் போட்ட பல்பொடி நன்றாக ஓடியது. ஒரு நாள் பஜாரின் அந்தக் கோடியில் அதே பச்சை டப்பா, அதே சிவப்பு எழுத்து, அதே கிளியோடு இன்னொரு பல்பொடி வந்து இறங்கியது. கிளி மட்டும் வலது பக்கத்துக்குப் பதில் இடது பக்கம் பார்த்தது. வாங்கியவர்களுக்கு ஈறு எரிந்தது. பல்பொடிக்காரர் பெங்களூரிலிருந்து ஒரு வக்கீலைக் கூட்டி வந்தார். வக்கீல் இரண்டு டப்பாவையும் எங்கள் கவுண்டரில் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, பாமர ஜனங்கள் ஏமாறுவார்களா மாட்டார்களா என்பதுதான் டிரேட் மார்க் சட்டத்தின் கேள்வி என்று எனக்கு விளக்கினார்.

பாமர ஜனமாகக் குப்பம்மாக்கா அப்போது அங்கே நின்றிருந்தார். அவர் வீட்டில் எல்லோருக்கும் ஈறு எரிந்து முடிந்திருந்தது. அன்றிலிருந்து அவருக்குப் புது டப்பா எதைப் பார்த்தாலும் அது ‘டூப்ளி’. வக்கீல் நீட்டிய டப்பாவைக் கையில் வாங்காமலே சொன்னார்: “டூப்ளின்னு அந்தக் கிளிக்கே தெரிஞ்சிக்கீது சார். அதான் நம்மள பாக்க வெக்கப்பட்டு மூஞ்சைத் திருப்பிக்கினு கீது.”

பாட்டன் சொத்து

வசந்திக்கு ஆஸ்பத்திரி டாக்டர் எழுதிக் கொடுத்தது ஒரு சீமைக் கம்பெனியின் சிரப். ஆஸ்பத்திரியில் அது இருக்காது, வெளியேதான் வாங்க வேண்டும். பொடியாக வரும், ஆறின வெந்நீர் ஊற்றிக் குலுக்கினால் ரோஸ் நிறத்தில் நுரைக்கும். கசப்பு. விலையும் கசப்பு. நெஞ்சுச் சளிக்குக் கேட்கும் அந்த மருந்தை வேறு யாரும் செய்யக் கூடாது, செய்தால் கேஸ். வேலை செய்கிற கடையிலேயே எனக்கு எட்டாத உயரத்தில் அது இருந்தது. ஆனாலும் வீட்டில் ஒரு பாட்டில் எப்போதும் வைத்திருப்பேன்.

அதே மருந்து பெரியவர்களுக்கு மாத்திரையாகவும் உண்டு. சுரங்கத்துக்குள் மரத்தூண் முட்டுக் கொடுக்கும் வேலையிலிருந்து ரிட்டயரான டிம்பர் மேஸ்திரி முனுசாமிக்குக் கல்தூசியால் கெட்டுப்போன நெஞ்சு. சீட்டைக் கொடுத்து, விலையைக் கேட்டு, “வேற கம்பெனி இல்லியா?” என்றார். இல்லை, இதற்குப் பேட்டண்ட் இருக்கிறது என்றேன்.

“பாட்டனா?”

“பேட்டண்ட் மேஸ்திரி. கண்டுபிடிச்சவங்களுக்கு மட்டும்தான் உரிமை. வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம்.”

“அதான், அவன் பாட்டன் சொத்துன்ற.” சீட்டை மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். “மருந்த அவன் பேருக்கு எழுதி வெச்சிக்கினான், சரி. நோவை எதுக்கு எங்க பேருக்கு எழுதி வெச்சான்?”

ஒரே ரீஃப்

எழுபதில் டெல்லியில் புதுப் பேட்டண்ட் சட்டம் போட்டு, எழுபத்திரண்டில் நடப்புக்குக் கொண்டுவந்தார்கள். எங்கள் கடைக்கு அது வந்தது அதற்கும் பிறகு, கழுத்தில் டை இல்லாத ஒரு மெடிக்கல் ரெப்பின் பையில். நம் நாட்டுக் கம்பெனி செய்த சிரப். அதே மருந்து, பாதிக்கும் கீழே விலை. ரோஸ் நிறமில்லை, ஆரஞ்சு. இனிமேல் மருந்துக்குப் பேட்டண்ட் கிடையாது, செய்முறைக்குத்தான் பேட்டண்ட், அதுவும் கொஞ்ச வருடத்துக்குத்தான் என்று அந்த ரெப் ஒப்பித்தார். முதலாளி தலையாட்டிவிட்டு, அவர் போனதும், “இன்னாம்மா சொல்லிட்டுப் போறான்?” என்று என்னைக் கேட்டார்.

நான் மைன்ஸ்காரர் பெண்டாட்டி. எனக்கு வந்த வழியில் சொன்னேன். கீழே தங்கம் ஓடுகிற ரீஃப் ஒன்று இருக்கிறது. பழைய சட்டத்தில் முதலில் ஷாஃப்ட் தோண்டியவனுக்கு அந்த ஷாஃப்டும் சொந்தம், ரீஃபும் சொந்தம். புதுச் சட்டத்தில் அவன் தோண்டிய ஷாஃப்ட் மட்டும்தான் அவனுக்குச் சொந்தம். இன்னொருவன் வேறு இடத்தில் தோண்டி அதே ரீஃபுக்குப் போகலாம். எடுப்பது அதே தங்கம். முதலாளிக்குப் பரம சந்தோஷம். அந்த வாரம் முழுக்க வந்தவர் போனவருக்கெல்லாம் அதையே சொல்லச் சொன்னார்.

முனுசாமி மேஸ்திரியும் கடைசி வரை கேட்டார். அவர் ஆயுசில் பாதி கீழேயே போனது. “நல்லாத்தான் சொல்ற பொண்ணே,” என்றார். “ஆனா ஷாஃப்ட் வேறன்னா காத்தும் வேற. ஒண்ணுல மூச்சு வரும், ஒண்ணுல மூச்சு முட்டும். தங்கம் மட்டுந்தான் ஒண்ணு.”

என் முகம்

மற்றவர்கள் அதைக் கேட்டுச் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அன்று மதியம் கூட்டம் இல்லாத நேரத்தில் இரண்டு பாட்டில்களையும் எடுத்து வைத்துக்கொண்டு லேபிளைப் படித்தேன். பெரிய எழுத்தில் கம்பெனி வைத்த பெயர் வேறு, சின்ன எழுத்தில் மருந்தின் பெயர் ஒன்றே. ஸ்பெல்லிங்கை ஒவ்வோர் எழுத்தாகச் சரிபார்த்தேன். கான்வென்ட்டில் சிஸ்டர் சொல்லிக் கொடுத்தது இவ்வளவுதான். ஸ்பெல்லிங் சரியாக இருந்தால் எல்லாம் சரி. ஆனால் செய்கிற வழியில் ஏதாவது கூடக் குறைய ஒட்டிக்கொண்டு வந்திருந்தால்? அதை எந்த எழுத்தில் போட்டிருப்பார்கள்?

கேட்டவர்களுக்கு ரெண்டும் ஒரே மருந்து என்று ரெப் சொன்னதைச் சொல்வேன். “நீ உன் பொண்ணுக்குக் குடுப்பியா?” என்று கேட்டால், “எனக்குப் பயமா இருக்குக்கா,” என்றும் சொல்லிவிடுவேன். ஆரஞ்சு பாட்டில்கள் அலமாரியில் வரிசை கலையாமல் நின்றன. முதலாளி இரண்டு நாள் பொறுத்துப் பார்த்தார். திட்டும் மனிதர் இல்லை. ஊதுபத்தி கொளுத்திக்கொண்டே, என் பக்கம் திரும்பாமல் சொன்னார்: “சட்டத்த டெல்லியில பாஸ் பண்ணிட்டாங்கம்மா. உன் மூஞ்சியிலதான் இன்னும் பாஸ் ஆவல.”

கடைசி ரோஸ் பாட்டில்

மார்கழியில் எங்கள் ஊர்ப் பனி எலும்பு வரை இறங்கும். அந்த வருடம் வீட்டுக்கு வீடு இருமல். ரோஸ் சிரப் பஜாரிலேயே தீர்ந்துபோனது; பெங்களூரிலிருந்து வர நாளாகும் என்றார்கள். எங்கள் கடையில் ஒன்றே ஒன்று மிச்சம். வீட்டில் வைத்திருந்த பாட்டிலைப் போன மாதமே கரைத்துக் கொடுத்துத் தீர்த்துவிட்டேன் என்பதால், அந்த ஒன்றை எனக்கு எடுத்துக்கொள்ளலாமா என்று காலையிலிருந்து யோசித்துக்கொண்டிருந்தேன். குப்பம்மாக்கா பேரனைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தார். பையனுக்கு விலா உள்ளே இழுத்தது. ஆரஞ்சைக் காட்டினேன். “அய்ய, டூப்ளி வாணாம்,” என்றார். ரோஸைக் கொடுத்தேன். வேறு என்ன செய்ய?

சாயங்காலம் வீட்டுக்குப் போனால் வசந்தி மாமியார் மடியில் அனலாகக் கிடக்கிறாள். மூச்சில் அந்தச் சத்தம். அவளைத் தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினேன். டாக்டர் அதே ரோஸ் சிரப்பை எழுதினார். எங்கேயும் இல்லை, ஆரஞ்சுதான் இருக்கிறது என்றேன். அதைக் கொடு என்றார். அவர் முகத்தை ரொம்ப நேரம் பார்த்தேன். அவர் அடுத்த குழந்தையைப் பார்க்கத் தொடங்கிவிட்டார். கடைக்கு வந்தேன். முதலாளி கேட்காமலே ஆரஞ்சு பாட்டிலை எடுத்து, அவரே ஃபிளாஸ்க்கிலிருந்த ஆறின வெந்நீரை ஊற்றிக் குலுக்கினார். ஸ்பூனும் கொண்டுவந்தார். கவுண்டருக்கு உள்ளே ஸ்டூலில் உட்கார்ந்து முதல் ஸ்பூனைக் கொடுத்தேன். கசக்கும் என்ற பழக்கத்தில் வசந்தி என் சேலை மேலேயே துப்பினாள். பிறகு உதட்டை நக்கினாள். கொஞ்சம் யோசித்தாள். நான் மறுபடி ஊற்றுவதற்குள் அவளாகவே வாயைத் திறந்தாள். அத்தனை நாளில் மருந்துக்கு அவள் வாய் திறந்து நான் பார்த்ததில்லை. நான் பாட்டிலைச் சாய்க்க, முதலாளிதான் ஸ்பூனைப் பிடித்தார்.

உடனே எதுவும் நடந்துவிடவில்லை. மறுநாளும் சுட்டது. நான் லீவு போட்டு, அவள் நெஞ்சில் காதை வைத்தபடி கிடந்தேன். அதற்கடுத்த நாள் காலைச் சங்கு ஊதும்போது நெற்றி ஈரமாக இருந்தது, மூச்சில் சத்தம் இல்லை. வீட்டுக்காரர் நைட் ஷிஃப்ட் முடிந்து ஹெல்மெட்டோடு வாசலில் வந்து நின்றார். ஆரஞ்சு பாட்டிலைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். ஷாஃப்ட், காற்று, மேஸ்திரி சொன்னது எல்லாம் அவரிடம் முன்பே சொல்லி அழுதிருந்தேன். குழந்தையைத் தொட முதலில் கையைக் கழுவிக்கொண்டு வந்தார். “எந்த ஷாஃப்ட்ல இறங்கினா இன்னா ரேணு,” என்றார். “மேல வந்து சேந்தாப் போதும்.”

குப்பம்மாக்கா கேட்டது

மறுபடி வேலைக்குப் போன அன்று குப்பம்மாக்கா வந்தார். பேரன் ரோஸில் தேறிவிட்டான், ஆனால் பாட்டில் காலி, டாக்டர் இன்னும் கொஞ்ச நாள் கொடுக்கச் சொல்லியிருக்கிறார். ரோஸ் வந்ததா என்று கேட்டார். வரவில்லை என்றேன். நான் ஆரஞ்சை எடுக்கவும் இல்லை, ஷாஃப்ட் கதையைத் தொடங்கவும் இல்லை. லைனில் விஷயம் தெரியாமலா இருக்கும்? அவர் பாட்டில்களைப் பார்க்காமல் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“உன் பொண்ணு அத துன்னாளா?”

“சாப்டாக்கா. நல்லா இருக்கா. வெளியில ஆடிட்டிருக்கா.”

“அப்ப இன்னாத்துக்கு நிக்கிற? எடு அந்த டூப்ளிய.”

டெல்லியில் போட்ட பேட்டண்ட் சட்டம் ராபர்ட்சன்பேட்டையில் அமலுக்கு வந்தது, என் மகள் இரண்டாவது ஸ்பூனுக்குத் தானாக வாயைத் திறந்த அந்தச் சாயங்காலம்தான்.