பல்பைச் சுற்றி ஒரு வானவில்

சாயங்கால ஜெபத்தில் ஆமென் சொன்ன வாய் மூடுவதற்குள் ஓமனா எழுந்து போய் டியூப் லைட்டை அணைத்துவிடுவாள். அப்புறம் டிவியை. அப்புறம் அடுக்களை விளக்கை. வீட்டில் வெளிச்சம் என்று மிச்சமிருப்பது முற்றத்து ஓரம் தொங்கும் ஒற்றைக் குண்டு பல்பு மட்டும்தான். பிளாஸ்டிக் நாற்காலியை இழுத்து வாசலில் போட்டு, அதையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். இதென்ன கூத்து என்று மருமகள் ஜோஸ்மிக்குப் பிடிபடவே இல்லை.

"மாமி, இருட்டுல என்னத்துக்கு இருக்கிய? கரண்டு மிச்சம் பிடிச்சு கப்பலா வாங்கப் போறிய?"

"நீ போய் துணி மடக்கு மக்கா. எனக்கு இங்ஙன இருக்கதுதான் சொகமாக்கும்."

மகன் ரெஜித் ஷார்ஜாவில் இருக்கிறான். வீட்டில் இந்த இரண்டு பேர்தான். பாறசாலையிலிருந்து பனச்சமூட்டுக்குப் போகிற பஸ் வீட்டு முன் வளைவில் திரும்பும்போது ஹெட்லைட் வெளிச்சம் ஒரு தடவை முற்றத்தைத் தடவிவிட்டுப் போகும். ஓமனா அந்த நேரத்துக்கு மட்டும் கண்ணை மூடிக்கொள்வாள். பஸ் போனதும் திறப்பாள்.

பல்பு கொஞ்ச நேரம் பல்பாகத்தான் இருக்கும். பிறகு அதைச் சுற்றி மங்கலாகப் புகைபோல் ஒன்று கட்டும். அதன் ஓரத்தில் மெல்ல நிறம் ஏறும். உள்ளே நீலம், அப்புறம் பச்சை, மஞ்சள், எல்லாவற்றுக்கும் வெளியே சிவப்பு. முழு வட்டம். வானத்தில் வருகிறதுகூடப் பாதி வட்டம்தானே, தனக்கு முழுசாக அனுப்பியிருக்கிறார் என்று அவளுக்கு உள்ளுக்குள் ஒரு பெருமை. அனுப்பியவர் அவளுடைய வீட்டுக்காரர் தாசையன். அவர் செத்துப்போய் இரண்டு வருஷம் ஆகிறது.

சிரிக்காதீர்கள். முழுக்கக் கேட்டுவிட்டுச் சிரியுங்கள்.

கிறிஸ்துமஸுக்கு முந்தின சனிக்கிழமை சபையில் சரவிளக்கைக் கழுவுவது அந்த ஊர் வழக்கம். வெள்ளைக்காரப் போதகர் காலத்து விளக்கு என்பார்கள். கூரையிலிருந்து சங்கிலியில் தொங்கும். சுற்றிலும் பட்டை தீட்டிய கண்ணாடித் துண்டுகள் சரஞ்சரமாக இருக்கும். கல்யாணமாகாத பெண்கள்தான் கழுவ வேண்டும். யார் போட்ட சட்டமோ, கேட்டால் யாருக்கும் தெரியாது. ஏணியில் ஏறி ஒவ்வொரு துண்டாகக் கழற்றிக் கொடுக்க ஒரு ஆம்பிளை. கீழே புளித்தண்ணீரில் ஊறவைத்துத் தேய்த்து, துணி உலர்த்துகிற கயிற்றில் கட்டித் தொங்கவிடுவார்கள். வெயில் ஏற ஏற, சபையின் வெள்ளைச் சுவரெல்லாம் நிறம் தெறிக்கும். போதகரின் ஜிப்பாவில்கூடப் பச்சையும் ஊதாவும் ஊர்ந்து போகும். அவர் அது தெரியாமல் மும்முரமாக ஏதோ சொல்லிக்கொண்டிருப்பார், பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்கள். ஐயோ, என்ன சிரிப்பு அது! இப்போதும் அதை நினைத்தால் ஓமனாவுக்கு வயிறு வலிக்கிற மாதிரி இருக்கும்.

ஓமனா கழுவப் போன ஒரு வருஷம் ஏணியில் நின்றது தாசையன். வயரிங் வேலைக்காரர். தனுவச்சபுரத்துக் கல்லூரியில் ப்ரீடிகிரி படித்து இங்கிலீஷில் கோட்டை விட்டவர்.

"இத்துனூண்டு கண்ணாடிக்குள்ள இவ்வளவு சாயத்த எங்ஙன வச்சிருக்கான்?" என்று ஓமனா பக்கத்துப் பெண்ணிடம்தான் கேட்டாள். பதில் மேலேயிருந்து வந்தது.

"சாயம் கண்ணாடியில இல்ல பிள்ளே. வெயிலுக்குள்ளதான் இருக்கு. கண்ணாடி அத வளைச்சு விடுது, அவ்வளவுதான். சிவப்பு கொஞ்சமா வளையும், ஊதா நல்லா வளையும். ஒண்ணொண்ணும் வேற வேற மாதிரி வளையுதுனால தனித்தனியா பிரிஞ்சு தெரியுது."

"உங்கள இப்ப யாரு கேட்டா?"

கேட்டுவிட்டாளே தவிர, அன்றைக்கு மத்தியானம் தாசையன் ஏணியிலிருந்து இறங்கிக் கயிற்றுக்கு அந்தப் பக்கம் நின்று தண்ணீர் குடித்தபோது, அவருடைய வெள்ளைச் சட்டை முழுக்க நிறம் விழுந்து கிடந்ததை அவள் பார்க்காமல் இல்லை. பார்த்தாள். நன்றாகவே பார்த்தாள். அடுத்த கிறிஸ்துமஸுக்கு விளக்குக் கழுவ ஓமனாவைக் கூப்பிட முடியவில்லை, அவளுக்குக் கல்யாணம் ஆகிவிட்டது.

ஓமனாவுக்கு வாய் நீளம். அதை அவளே ஒத்துக்கொள்வாள். பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்கு மதியச் சோறு ஆக்குகிற வேலை அவளுக்கு. அங்கே ஹெட்மாஸ்டரே அவளிடம் பார்த்துத்தான் பேசுவார். வீட்டில் கேட்கவா வேண்டும். ஒன்று சொல்லி, இரண்டு சொல்லி, பிறகு பேச்சையே நிறுத்திவிடுவாள். தட்டை நங்கென்று வைப்பாள், அவ்வளவுதான் பேச்சு. தாசையனுக்கோ வாயால் சமாதானம் சொல்ல வராது. மன்னிச்சுக்கோ என்ற சொல் அவர் தொண்டையைத் தாண்டியதே இல்லை.

அதற்கு அவர் ஒரு வழி வைத்திருந்தார். காலை வெயில் கிணற்றடியில் விழும்போது ஒரு பேசினில் தண்ணீர் நிரப்பி, முகம் பார்க்கிற கண்ணாடியை அதற்குள் சாய்த்து வைப்பார். சாய்வைக் கொஞ்சம் கொஞ்சமாக மாற்றுவார். தண்ணீருக்குள் போன வெயில் வளைந்து, கண்ணாடியில் பட்டு, திரும்ப வளைந்து வெளியே வந்து, அடுக்களைச் சுவரில் ஏழு நிறமாக விழும். இவர் வாழைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு விரலால் தண்ணீரை அசைப்பார். சுவரில் நிறமெல்லாம் கிடந்து ஆடும். ஓமனா முதலில் பார்க்காத மாதிரி தேங்காய் துருவுவாள். பிறகு அவளுக்குச் சிரிப்பு வந்துவிடும்.

"போதும், வந்து கஞ்சி குடிங்க."

சண்டை தீர்ந்தது. ஒருநாள்கூட அவளாக முதலில் இறங்கி வந்ததில்லை. இதில் ஒரே சங்கடம், ஆடி மழையில் வெயில் வராது. கர்க்கடகம் என்பார்கள் கேரளப் பக்கத்து அந்த ஊரில். ஒரு கர்க்கடகத்தில் போட்ட சண்டை சிங்கம், அதாவது ஆவணி, பிறந்து வெயில் அடித்த பிறகுதான் தீர்ந்தது. அதிலிருந்து மழைக்காலத்தில் அவரிடம் சண்டை போடுவதை ஓமனா கூடியமட்டும் தள்ளிப்போட்டாள்.

கடைசிச் சண்டை மீனுக்காக. பூவாரிலிருந்து வருகிற மீன் வண்டியில் நெத்தோலி வாங்கச் சொன்னாள். அவர் சாளையை வாங்கிக்கொண்டு வந்து நின்றார்.

"கண்ணு உண்டா உங்களுக்கு? நெத்தோலி எது சாளை எதுன்னு தெரியாதா?"

அவர் பையை அரிவாள்மனைப் பக்கத்தில் வைத்தார். கஞ்சி குடிக்கவில்லை. பனச்சமூட்டில் ஒரு வீட்டு வயரிங் வேலை, அதற்குப் போனார். பஸ் ஸ்டாப்பில் இறங்கி நாலு எட்டு வைத்தவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். வீட்டுக்கு ஆம்புலன்ஸில்தான் வந்தார். அந்தச் சாளையை யார் எடுத்துப் போட்டார்கள் என்று ஓமனாவுக்கு இன்றுவரை தெரியாது.

அடக்கத்தில் ஓமனா அழவில்லை. கல் நெஞ்சுக்காரி என்று ஊர் பேசியது. பேசுகிறவர்களுக்கு என்ன! கோபித்துக்கொண்டு போன மனுஷன் இன்னும் சமாதானமாகவில்லையே, அதற்குள் எப்படி அழுவது? அழுதுவிட்டால் எல்லாம் முடிந்த மாதிரி ஆகிவிடாதா?

போன ஐப்பசியில் ஒருநாள் மழை விட்டு, கரண்டு போய்த் திரும்பி வந்தபோது, முற்றத்துப் பல்பைச் சுற்றி அந்த வளையம் நின்றது. தொங்கிக்கொண்டிருந்தது அவர் கையால் மாட்டிய பல்பு. ஓமனாவுக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. வந்துவிட்டார். வாயால் சொல்லத் தெரியாத மனுஷன், வழக்கம்போலத் தன் வழியில் வந்துவிட்டார்.

பகலில் அது வருவதில்லை. வீடு முழுக்க வெளிச்சமாக இருந்தாலும் வருவதில்லை. இருட்டில் உட்கார்ந்தால்தான் நன்றாக வருகிறது என்று கண்டுபிடித்தாள். அதற்குத்தான் எல்லா விளக்கையும் அணைப்பது. இடது புருவத்துக்கு மேல் ஒரு குத்தல் வரும். தூங்கி எழுந்தால் போய்விடும். பார்வை சில நேரம் கஞ்சித் தண்ணீர் வழியாகப் பார்க்கிற மாதிரி இருக்கும். பள்ளிக்கூடத்து அடுப்பு வெக்கை என்று சொல்லிக்கொண்டாள். கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம் என்பார்கள். இவளோ கண் கெடக் கெட வாசலில் உட்கார்ந்து பல்பைக் கும்பிட்டுக்கொண்டிருந்தாள். யாரிடமும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. புருஷன் பெண்சாதி சமாதானம் ஊருக்குச் சொல்கிற விஷயமா?

மார்கழியில் ஒரு சாயங்காலம் வளையம் என்றுமில்லாத அளவுக்குப் பெரிதாக, சுளகு அகலத்துக்கு வந்தது. ஓமனா சிரித்துக்கொண்டே பார்த்தாள். அடுத்த நிமிஷம் இடது கண்ணுக்குள் ஆணி அடித்த மாதிரி வலி. நாற்காலியிலிருந்து சரிந்து முற்றத்திலேயே வாந்தி எடுத்தாள். ஜோஸ்மி ஓடிவந்து விளக்கைப் போட்டுப் பார்த்தால் மாமியின் கண் செக்கச்செவேலென்று இருந்தது. ஆட்டோ பிடித்து நெய்யாற்றின்கரையில் ஒரு கண் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனாள்.

மருந்து விட்டு, மாத்திரை கொடுத்து, வலி அடங்கிய பிறகு டாக்டர் கேட்டாள். சின்ன வயதுப் பெண்.

"அம்மச்சி, இதுக்கு முன்னால விளக்கைப் பார்த்தா சுற்றி வானவில் மாதிரி ஏதாவது தெரிஞ்சதா?"

ஓமனாவுக்குத் திக்கென்றது. இவளுக்கு எப்படித் தெரியும்?

"இல்ல டாக்டரே. ஒண்ணும் தெரியல்ல."

"நல்லா யோசிச்சுச் சொல்லணும். கண்ணுக்குள்ள ஒரு நீர் ஓடும். அது வெளியே போற வழி அடைஞ்சா அழுத்தம் ஏறும். அப்ப கண்ணுக்க முன்பக்கத் தோல்ல நீர் கட்டும். வெளிச்சம் அந்த நீர் வழியா வரும்போது வளைஞ்சு நிறம் நிறமா பிரியும். கண்ணாடியில பிரியுற மாதிரியேதான். இருட்டுல இருந்தா கண்மணி விரிஞ்சு அந்த வழி இன்னும் அடையும்."

"அதுக்கு என்ன செய்யணும்?" என்றாள் ஜோஸ்மி.

"நாளைக்குக் காலையில லேசர் வச்சு சின்ன ஒரு துவாரம் போடுவோம். ரெண்டு கண்ணுக்கும். பேடிக்கண்டா அம்மச்சி, பயமே வேண்டாம். அப்புறம் அது வரவே வராது."

நல்ல சேதி சொன்னதாக நினைத்து அந்தப் பெண் சிரித்தாள். ஓமனாவின் முகம் செத்துப்போயிற்று.

"வரவே வராதா?"

"வராது."

"அப்படின்னா... இன்னைக்கு வீட்டுக்குப் போயிட்டு, ரெண்டு நாள் கழிச்சு வாறேன் டாக்டரே."

டாக்டர் சிரிப்பை நிறுத்தினாள். இடது கண்ணின் ஓரத்துப் பார்வை ஏற்கெனவே கொஞ்சம் போய்விட்டது, அது திரும்பாது, இன்னொரு தடவை இப்படி வந்தால் மிச்சமும் போகலாம் என்றாள். சொல்லிவிட்டு அடுத்த ஆளைப் பார்க்கப் போனாள். ஜோஸ்மி கட்டில் பக்கத்தில் நின்று மாமியையே பார்த்தாள்.

"உங்களுக்கு வானவில் தெரிஞ்சுது. அதப் பாக்கத்தான் விளக்க அணைச்சிய. சத்தியம் சொல்லுங்க மாமி."

அப்போதுதான் ஓமனா சொன்னாள். பேசின், கண்ணாடி, அடுக்களைச் சுவர், சாளை மீன், குடிக்காமல் போன கஞ்சி, எல்லாவற்றையும். சொல்லி முடித்ததும் மருமகள் அழுவாள் என்று நினைத்தாள். ஜோஸ்மிக்கு வந்தது கோபம்.

"மாமா உங்க கண்ணைப் பிடுங்கிட்டா சமாதானம் சொல்லுவாரு? அந்த மனுஷனா? ரெஜித் சின்னதுல வெல்டிங் வெளிச்சத்தப் பாத்தான்னு தெரு முழுக்கத் துரத்தி அடிச்சவராமே! அவரா உங்களுக்கு இத அனுப்புவாரு? வலியும் வாந்தியும் சேத்தா அனுப்புவாரு? அவர இவ்வளவு கேவலமா நினைச்சிட்டியளே மாமி!"

பக்கத்துக் கட்டில்காரர்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். ஓமனா சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டாள். தாசையன் ஒருநாளும் அவளை ஒரு சுடுசொல் சொன்னதில்லை, கோபம் வந்தால் எழுந்து போவார், அவ்வளவுதான். அந்த மனுஷன் கண்ணில் ஆணி அடிப்பாரா? அடிக்க மாட்டார். அப்படியென்றால் அவர் வரவில்லை. இத்தனை நாளும் அவர் வரவே இல்லை.

விடிந்ததும் லேசர் வைத்தார்கள்.

அன்று சாயங்காலம் ஜோஸ்மி வீட்டில் இருக்கிற விளக்கையெல்லாம் போட்டாள். ஓமனா வாசலுக்கு வந்து நின்றாள். பல்பு எரிந்துகொண்டிருந்தது, சுற்றிலும் பூச்சிகள் பறந்தன. மஞ்சள் வெளிச்சம், வேறொன்றும் இல்லை. அவள் அந்தப் பக்கம் பார்ப்பதை விட்டுவிட்டு, சுவரில் மாட்டியிருந்த அவருடைய படத்துக்கு முன்னால் போய் நின்றாள். வாழ்க்கையில் முதல் தடவையாக அவளே இறங்கி வந்தாள்.

"இஞ்சேருங்க. தப்பு எனக்க பக்கம்தான். சாளைன்னா என்ன, நெத்தோலின்னா என்ன? பச்ச வயித்தோட அனுப்பிட்டேனே உங்கள. பச்ச வயித்தோட அனுப்பிட்டேனே!"

அப்புறம் வந்தது பாருங்கள் அந்த அழுகை. நெஞ்சில் அடித்துக்கொண்டு, வீடு கிடுகிடுக்க, ஊர் இரண்டு வருஷத்துக்கு முன்னால் எதிர்பார்த்திருந்த அழுகை. சத்தம் கேட்டு அக்கம்பக்கத்துப் பெண்கள் வேலியைத் தாண்டி ஓடிவந்தார்கள். ஷார்ஜாவில் இருக்கிற பையனுக்கு ஏதும் ஆகிவிட்டதோ என்று எல்லாருக்கும் பயம்.

"என்ன மக்கா? யாருக்கு என்ன ஆச்சு?"

ஜோஸ்மி படியில் உட்கார்ந்திருந்தாள். கண்ணைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

"எனக்க மாமா இறந்துட்டாரு," என்றாள்.

வந்தவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். செருப்பை வெளியே கழற்றிவிட்டு உள்ளே போய் ஓமனாவைச் சுற்றி உட்கார்ந்தார்கள்.