அரியநாயகத்தாரின் பன்னிரண்டாம் பக்கம்

புளியங்கூடலில் செத்தவர்கள் எல்லாரும் நல்லவர்கள். அவர்களை நல்லவர்களாக்கி விட்டவர் அரியநாயகத்தார்.

முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி வீட்டில் சாப்பிட்டு எழும்புகிற சனத்தின் கையில் கல்வெட்டு என்று ஒரு புத்தகம் கொடுப்பார்களே, செத்தவரின் படமும் தேவாரமும் வாழ்க்கை வரலாறும் போட்டு, அந்த வாழ்க்கை வரலாற்றை இருபத்தைந்து வருசமாக எழுதுகிறவர் அவர். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவர்தான். மாத்தறையில் சுருட்டுக்கடை வைத்திருந்த வைத்திலிங்கத்தாரின் கடைக்குட்டி. எண்பத்து மூன்று கலவரத்தில் அந்தக் கடை எரிந்தபோது கட்டின சாரத்தோடு கப்பலேறி ஊருக்கு வந்தார். பிறகு ஊரும் இல்லாமல் போய், இடம்பெயர்ந்த இடத்தில் பெண்சாதியைக் காய்ச்சலுக்குக் கொடுத்துவிட்டு, பிள்ளைகுட்டி இல்லாத தனியாளாகத் திரும்பி வந்தார். அவரிடம் மிஞ்சினது ஒன்றுதான்: யார் வயிற்றில் யார், யார் எங்கே கலியாணம் முடித்தது, எந்தக் கிளை எந்த நாட்டில் என்கிற கணக்கு. அது ஊரில் வேறு ஒருவருக்கும் இல்லை. பாரிசிலிருந்து ரெலிபோன் வரும். "அரியண்ணை, அம்மாவின்ர தேப்பனோடை கூடப்பிறந்தது எத்தினை பேர்?" கேட்டு முடிக்க முன்னமே பெயர்கள் வந்து விழும்.

பெண்சாதியைக் காலால் உதைத்தவன் அவருடைய கையால் இல்லறத்தை நல்லறமாக்கியவன் ஆனான். கோயில் காணித் தேங்காயை மாட்டுவண்டியில் ஏற்றி விற்றவர் ஆலயத் தொண்டர் ஆனார். குடிவெறியில் கிணற்றுக்குள் விழுந்தவருக்கு, "சிறிது காலம் நோயுற்றிருந்து" என்று போட்டுக் கொடுத்தார். வாசிக்கிறவனுக்கும் தெரியும், எழுதினவருக்கும் தெரியும். ஒருவரும் ஒன்றும் கேட்பதில்லை.

அவர் எதையும் நம்புகிறவர் அல்ல. ஒரு காலத்தில் தேடித்தான் பார்த்தார். ஒரு சாமியாரின் காலடியில் ஆறு மாதம் இருந்தார். மூன்று ஞாயிறு செபக் கூட்டத்துக்கும் போனார். பிறகு போனில் வருகிற பேச்சுகளைக் காதில் செருகிக்கொண்டு திரிந்தார். ஒருவன் எல்லாம் மாயை என்றான், இன்னொருவன் எல்லாம் மனம் என்றான். கடைசியில் காதிலிருந்து அதைக் கழற்றி எறிந்துவிட்டு, கேட்கிறவனுக்கெல்லாம் ஒரே பதில் சொன்னார்.

"ஒண்டுமில்லை. கடை எரிஞ்ச அண்டைக்குச் சாமிப் படமும்தான் எரிஞ்சது. ஆர் ஆரைக் காப்பாத்திறது?"

இப்படி இருந்த மனிசனுக்குத்தான் தமக்கை அன்னபூரணம் செத்தது.

அன்னபூரணத்துக்கு எண்பத்திரண்டு வயது. தம்பி வீட்டிலிருந்து அரைக் கட்டை, அதாவது அரை மைல் தூரத்தில், பெரிய ஓட்டு வீட்டில் தனியே இருந்தாள். மகன் ஆரூரன் ரொறன்ரோவில், மகள் தர்சினி லண்டனில். தாயைப் பார்ப்பதற்கென்று இரண்டு பேரும் சேர்ந்து கமரா பூட்டியிருந்தார்கள். அது வீட்டுக் கேற்றைப் பார்த்துக்கொண்டிருந்தது. காலையில் மாக்கிறேற் என்கிற மனிசி ஊர்காவற்றுறைப் பக்கத்திலிருந்து வந்து சமைத்துக் கொடுத்துவிட்டு மத்தியானம் போய்விடுவாள். பின்னேரத்தில் தம்பி வந்து தேத்தண்ணி குடிப்பார். அவ்வளவுதான் அந்த வீட்டின் சனநடமாட்டம்.

அந்த வியாழன் பின்னேரம் அவர் போகவில்லை. வெள்ளியும் போகவில்லை. வேலணைப் பக்கத்தில் ஒருவர் செத்திருந்தார். கல்வெட்டுக்கு அவசரம் என்று பிரான்ஸிலிருந்து நாளுக்கு நாலு தரம் போன் அடித்தது. வெள்ளி மாக்கிறேற்றும் வரவில்லை, அவளுக்குக் கோயில் பெருநாள். சனி காலை வந்து குசினிக் கதவைத் தள்ளியவள் வைத்த கூக்குரல் றோட்டு மட்டுக்கும் கேட்டது.

விழுந்தது வியாழன் பின்னேரம். அடுப்படியிலிருந்து வாசற்படி மட்டுக்கும் இழுபட்டு வந்திருக்கிறாள். அரைத்த மஞ்சள் கொட்டியிருந்தபடியால் வந்த வழி முழுவதும் நிலத்தில் கோடாகக் கிடந்தது. மரண விசாரணைக்கு வந்தவர் அதைப் பார்த்துவிட்டு, "விழுந்தாப் பிறகும் கனநேரம் உயிர் இருந்திருக்கும் ஐயா" என்றார். ஒரு நாளாவது இருந்திருக்குமாம்.

வெள்ளி பின்னேரம் என்ன எழுதிக்கொண்டிருந்தார் என்பது அரியநாயகத்தாருக்கு நல்ல ஞாபகம். வேலணைக்காரரைப் பற்றி, "உற்றார் உறவினரை நாள்தோறும் சென்று நலம் விசாரிக்கும் பண்பாளர்" என்று எழுதிக்கொண்டிருந்தார்.

ஆரூரன் வந்து சேர்ந்தான். கொள்ளி வைத்தான், காடாத்திச் சாம்பலும் எடுத்தான். "கமராவிலை பாத்தனாங்கள் மாமா. கேற் பூட்டித்தான் கிடந்தது. அம்மா படுத்திருக்கிறா எண்டு நினைச்சம்" என்று வந்தவர்களிடமெல்லாம் சொல்லிச் சொல்லி அழுதான். தம்பியாரிடம் ஒருவரும் ஒன்றும் கேட்கவில்லை. "தமக்கையை இழந்திட்டார், பாவம்" என்று கையைப் பிடித்துவிட்டுப் போனார்கள்.

அதுதான் அவருக்குப் பொறுக்க முடியாமல் போனது. இந்த உலகத்தில் ஒன்றுமில்லை என்று சொன்னவர்தான். ஆனால் நிலத்தில் கிடந்த அந்த மஞ்சள் கோடு இருந்தது. அதை மாக்கிறேற் கழுவிவிட்டாள். இனிக் கல்வெட்டிலும் பொய்யை எழுதினால் அவள் செத்ததுகூட இல்லையென்று ஆகிவிடும். ஒரே ஒருவர், ஊரில் ஒரே ஒருவர், 'அரியம், நீ ஏன் போகேல்லை?' என்று முகத்துக்கு நேரே கேட்டுவிட்டால் போதும் என்று நினைத்தார். காறித் துப்பினாலும் பரவாயில்லை.

எழுதினார். பிறப்பு, கலியாணம், பிள்ளைகள் எல்லாம் எழுதி, கடைசியில் இப்படி முடித்தார்: "வியாழன் பின்னேரம் குசினியில் விழுந்தார். சனி காலை வரை எவரும் வந்து பார்க்கவில்லை. அரைக் கட்டை தூரத்தில் இருந்த கூடப்பிறந்த தம்பியும் போகவில்லை. தனியே கிடந்து இறந்தார்."

ஆரூரன் வாசித்துவிட்டுக் கதிரையை விட்டு எழும்பிவிட்டான்.

"உதென்ன மாமா எழுதி வைச்சிருக்கிறியள்?"

"நடந்தது."

"நடந்ததை ஆர் மாமா கல்வெட்டிலை போடுறது?"

"அப்ப என்னத்தைப் போடுறது?"

"வழமையாய்ப் போடுறதைப் போடுங்கோவன். பிள்ளையள் புடைசூழ, இறைவனடி சேர்ந்தார் எண்டு."

"நீ ரொறன்ரோவிலை, அவள் லண்டனிலை. ஆரடா சூழ்ந்தது, மொய்ச்ச இலையானோ?"

ஐம்பது வயது ஆரூரன் கதிரையில் திரும்ப இருந்தான்.

"நித்திரையிலை போட்டா எண்டுதான் என்ர பிள்ளையளுக்குச் சொல்லி வைச்சிருக்கிறன் மாமா. வேலை செய்யிற இடத்திலையும் அப்பிடித்தான் சொன்னனான். இதை வாசிச்சால் சனம் என்ன சொல்லும்?"

"சொல்லட்டும். என்னைத்தானே முதல் சொல்லப்போகுது."

"உங்களுக்கென்ன மாமா, நீங்கள் தனிக்கட்டை" என்று சொல்லிவிட்டு, பேனையை எடுத்து அந்த நாலு வரியையும் குறுக்கே வெட்டினான்.

அரியநாயகத்தார் அந்தத் தாளை மடித்து வைத்தார். அடுத்த நாள் காலை பஸ் ஏறி யாழ்ப்பாணத்து அச்சகத்துக்குப் போனார். வெட்டின தாளைக் கொடுக்காமல், தன் கையால் திருப்பி எழுதின தாளைக் கொடுத்தார். கொம்பியூட்டரில் அடிக்கிற பிள்ளை இதைப் பார்த்து ஏதும் கேட்கும் என்று எதிர்பார்த்து நின்றார். அது கேட்டது.

"ஐயா, நாலு வரி கூடிப்போச்சு. பன்னிரண்டாம் பக்கம் தள்ளுது. என்னத்தைச் சுருக்கிறது?"

"அந்த நாலிலை கை வைக்காதை பிள்ளை. உறவுக்காரர் பேரை நெருக்கி எழுதித் தாறன்."

அங்கேயே மேசையில் ஒட்டி நின்று, மருமக்கள், மகன் மகள் முறையான பெறாமக்கள் பட்டியலை நெருக்கி எழுதிக் கொடுத்துவிட்டு வந்தார்.

முப்பத்தோராம் நாள். காலையில் கீரிமலையில் காரியம் முடித்து வந்து, வீட்டில் படைத்து, பந்தலுக்குள் பந்தி வைத்தார்கள். ஒருவர் கல்வெட்டிலிருந்த வெண்பாவை இராகம் இழுத்துப் படித்தார். வாழ்க்கை வரலாற்றை யாரும் படிப்பதில்லை, அது அவரவர் பார்த்துக்கொள்ள வேண்டியது. சாப்பிட்டுக் கை கழுவி வந்தவர்களுக்கு வெற்றிலையோடு புத்தகத்தையும் கொடுத்தார்கள். அரியநாயகத்தார் எல்லாருக்கும் தெரிகிற மாதிரிப் பந்தலுக்கு நடுவில் ஒரு கதிரையைப் போட்டு இருந்தார். நெஞ்சு அடித்தது. இந்த எழுபத்தாறு வயதுக்குள், கலியாணப் பந்தலில் இருந்த அன்றுகூட அப்படி அடிக்கவில்லை.

சனம் புத்தகத்தை விரித்தது. முதலில் படம். "அக்காவின்ர படம் வடிவாய் வந்திருக்கு." பிறகு ஒவ்வொருவரும் விரலை எச்சில் தொட்டு நேரே பன்னிரண்டாம் பக்கத்துக்குப் போனார்கள்.

பரராசசிங்கத்தார்தான் முதலில் எழும்பினார். அன்னபூரணத்தின் புருசனுடைய தம்பி, அரசாங்கக் கச்சேரியில் கிளாக்காக இருந்து இளைப்பாறினவர். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அந்தப் பக்கத்தை இரண்டு தரம் வாசித்தார். முகம் கறுத்தது. புத்தகத்தை விரித்தபடி பந்தலைக் கடந்து வந்தார். அரியநாயகத்தார் எழும்பி நின்றார்.

"அரியம், நீர் இப்பிடிச் செய்வீர் எண்டு நான் நினைக்கேல்லை."

"கேளுங்கோ" என்றார் அரியநாயகத்தார். "என்னத்தையும் கேளுங்கோ."

"பெறாமக்கள் எண்டு அஞ்சு பேரைப் போட்டிருக்கிறீர். என்ர மகள் துஷாந்தினியின்ர பேர் எங்கை?"

அரியநாயகத்தாருக்கு விளங்கவில்லை. புத்தகத்தை வாங்கிப் பார்த்தார். மெய்தான், இல்லை. இருபத்தைந்து வருசத்தில் ஒரு பெயரும் விடாதவர் விட்டிருந்தார்.

"நெருக்கி எழுதேக்கை தவறிப்போச்சு."

"தவறிப்போச்சோ? அவள் நோர்வேக்காரனைக் கட்டினவள் எண்டு வேணுமெண்டே விட்டனீர். ஆர் சொல்லி விட்டனீர்? சொல்லும்!"

அவ்வளவுதான், பந்தல் இரண்டுபட்டது. அதுக்குள் ஒரு அர்த்தம் இருக்கிறது என்று ஒரு பகுதி. தர்சினிதான் லண்டனிலிருந்து சொல்லி விட்டிருப்பாள், பழைய காணிக் கோபம் என்று இன்னொரு பகுதி. தர்சினி போனில் வந்து நான் இல்லை என்று சத்தியம் பண்ணினாள். விடுபட்ட பெயருக்குரிய இரண்டங்குல வெள்ளைத் தாளுக்குள் சாதி இருந்தது, சீதனம் இருந்தது, முப்பது வருசப் பகை இருந்தது. அதற்கு நேர் மேலே நாலு வரி அச்சாகிக் கிடந்தது.

"அண்ணை, அதுக்கு மேலை உள்ளதை வாசிச்சனீங்களோ?" என்று அரியநாயகத்தார் கேட்டார்.

"ஓம், ஓம், வாசிச்சனான். வழமை போலை நல்லாய்த்தான் எழுதியிருக்கிறீர். கதையை மாத்தாதையும்."

அரியநாயகத்தார் பக்கத்தில் நின்ற இன்னொருவரிடம் கேட்டார். "நீர் வாசிச்சீரோ?" அந்த ஆள், "உருக்கமாய் இருக்கு அண்ணை" என்றான். யாரும் 'ஏன் போகேல்லை' என்று கேட்கவில்லை.

ஆரூரன் வியர்த்து வழிய ஓடி வந்தான். அவன் நாலு வரியையும் பார்த்திருந்தான். பார்த்தது அவன் முகத்தில் தெரிந்தது. அரியநாயகத்தார் அவனுடைய வாயைப் பார்த்துக்கொண்டு நின்றார். அவனாவது கேட்பான்.

ஆரூரன் குரலைத் தாழ்த்திச் சொன்னான். "நல்ல காலம் மாமா, உதை ஒருத்தரும் கவனிக்கேல்லை. விடுங்கோ, அதைப்பற்றிக் கதைக்க வேண்டாம். முதல் சித்தப்பாவைச் சமாளிப்பம்."

மிச்சமாயிருந்த எண்பது புத்தகத்தையும் கொண்டு வந்து மேசையில் வைத்தான். கையில் ஒரு நீலப் பேனையும் கொடுத்தான்.

"இதிலை எண்டாலும் துஷாந்தினியின்ர பேரைக் கையாலை எழுதி விடுங்கோ. முதல் புத்தகத்தைப் படம் எடுத்து நோர்வேக்கு அனுப்போணும்."

அரியநாயகத்தார் எழுதினார். பரராசசிங்கத்தார் பக்கத்தில் நின்று, பக்கம் சுருளாமல் பெருவிரலால் அமத்திப் பிடித்துக்கொண்டார். "கொஞ்சம் பெரிசாய் எழுதும்" என்றார். ஆரூரன் அவசரத்தில் பன்னிரண்டாம் பக்கத்தை முழுதாகப் படம் எடுத்து அனுப்பினான். சற்று நேரத்தில் போனில் ஒரு குரல் வந்தது. துஷாந்தினியேதான், அழுகிற குரல். எல்லாரும் கேட்கட்டும் என்று ஆரூரன் சத்தத்தைக் கூட்டி வைத்தான்.

"மாமா, இப்ப முழுக்க வாசிச்சனான். இப்பத்தான் எனக்கு மனம் ஆறினது. பெரியம்மாவைப் பற்றி நல்லாய் எழுதியிருக்கிறியள். நீங்கள் இருக்கிறபடியால்தான் எங்கட சனத்தின்ர சரித்திரம் இருக்கு."

பந்தலில் எல்லாரும் தலையாட்டினார்கள். பரராசசிங்கத்தார் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்தார்.

அரியநாயகத்தார் அடுத்த புத்தகத்தை எடுத்து விரித்தார்.