பானைத் தண்ணீரில் கசிந்தது

நான் ஓசூருக்கு வாழ்க்கைப்பட்டு வந்த அதே வாரத்தில்தான் பெங்களூரிலிருந்து அந்த ஈஸ்ட் டின்னும் வந்து இறங்கியது. அதற்கப்புறம் எங்கள் கடையில் ரொட்டி கெட்டது. வீட்டுக்குப் புதிதாக வந்தவை இரண்டு. பழி எதன் மேல் விழும் என்று சொல்லவும் வேண்டுமா? டின்னுக்கு ராசி கிடையாது, மருமகளுக்கு உண்டு.

ஐம்பதுகளின் நடுப்பகுதி அது. இன்று கம்பெனி பேருந்துகள் வரிசை கட்டி நிற்கும் பாகலூர் சாலையில் அப்போது கேழ்வரகு மூட்டை ஏற்றிய மாட்டு வண்டிகள் போய்க்கொண்டிருக்கும். அந்தச் சாலையில்தான் மாமாவின் ரொட்டிக் கடை. மாமா என்றால் என் கணவரின் அப்பா. ஊரில் ரொட்டிக்கு அவரை விட்டால் ஆள் இல்லை. ஒரு காலத்தில் ஈச்சங்கள்ளின் அடி மண்டியை ஊற்றித்தான் மாவைப் புளிக்க வைத்தாராம். பிறகு எங்கள் பக்கம் மதுவிலக்கு வந்தது. குடிக்கிறவன் எல்லை தாண்டிப் போய்க் குடித்துவிட்டு வந்தான். ரொட்டி மாவு எங்கே போகும்? உருளைக்கிழங்கை அவித்துப் புளிக்க வைத்துச் சில வருஷம் ஓட்டினார். அது ஒரு நாள் பொங்கும், ஒரு நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளும். கடைசியில்தான் யாரோ சொல்லி, உலர்ந்த ஈஸ்ட் டின் வாங்கினார். பழுப்பு நிறத்தில், குருணை மாதிரி இருக்கும்.

டின்னைத் திறந்த முதல் சில நாட்கள் ரொட்டி பரவாயில்லை. ஐப்பசி போய்க் கார்த்திகை பிறந்து, ஓசூர்க் குளிர் எலும்புக்குள் இறங்கத் தொடங்கியதும் மாவு நெகிழ ஆரம்பித்தது. பிசைந்தால் திரண்டு வராது. கையோடு ஒட்டும், இழுத்தால் சவ்வாக வரும். உருட்டி வைத்தால் உட்கார்ந்துவிடும். புளிக்கவே இல்லை என்றும் சொல்ல முடியாது. குமிழி வரும், ஆனால் அந்தக் குமிழியைத் தாங்கிப் பிடிக்க மாவுக்குத் தெம்பு இருக்காது. மாமா ஈஸ்ட் போதவில்லை என்று கூடக் கொஞ்சம் போட்டார். இன்னும் மோசமானது. இன்னும் கூடப் போட்டார். பாகலூரிலிருந்து சந்தைக்கு வரும் ஒரு கன்னடக்காரர் ரொட்டியைக் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "ஏனிது சாமி, ரொட்டினா தோசெனா?" என்று, ரொட்டியா தோசையா என்று கேட்டார். கடையில் இருந்தவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். மாமா சிரிக்கவில்லை.

அன்று மாலை அத்தை, என் மாமியார், சொன்னார். என்னிடம் இல்லை, அடுப்பிடம் சொல்வது போலச் சொன்னார்.

"இத்தன வருசமா வராத கேடு. எல்லாம் வந்த நேரம்."

ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போகிற குடும்பம் நேரம் பார்க்கலாமா என்று கேட்காதீர்கள். வேதம் ஒரு அலமாரியில் இருக்கும், நேரம் காலம் இன்னொரு அலமாரியில் இருக்கும். அத்தை சொன்னதுகூட எனக்குப் பெரிதாக வலிக்கவில்லை. பக்கத்தில் நின்ற மாமா "சும்மா இரு" என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. அது வலித்தது.

டிசம்பர் பிறந்ததும் மாமா ஒரு முடிவைச் சொன்னார். கிறிஸ்துமஸ் ரொட்டியும் இப்படித்தான் வருமென்றால் அடுப்பை அணைத்துக் கடையை மூடிவிடுவது. தன் கை பழையபடி இல்லை என்று அவர் நம்பத் தொடங்கியிருந்தார். அடுப்பு அணைந்தால், அதை அணைத்தவள் என்ற பெயர் எனக்குத்தான். அந்தப் பெயரோடு அதே வீட்டில், அதே ஊரில், நான் கிழவியாகிச் சாக வேண்டும். எனக்கு அப்போது வயது இருபத்து மூன்று. கோபம் மூக்குக்கு மேல் நின்றது.

கோபம் வந்தால் எனக்குப் புத்தி வேலை செய்யும். பிறவிக் குணம். கல்யாணத்துக்கு முன் பெங்களூரில் ஒரு பெண்கள் கல்லூரியில் வேதியியல் ஆய்வகத்தில் மாணவிகளுக்குச் செய்முறை சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தவள் நான். ஈஸ்ட் செத்துப்போயிருந்தால் மாவு பொங்காது, கல்லாகக் கிடக்கும். இங்கே மாவு நெகிழ்கிறது. யாரோ உள்ளே உட்கார்ந்து தையலைப் பிரிக்கிற மாதிரி நெகிழ்கிறது. ஈஸ்ட் கூடக் கூடத் தையல் வேகமாகப் பிரிகிறது. அப்படியானால் பிரிக்கிற ஆள் ஈஸ்ட்டிலிருந்துதான் வருகிறான்.

மாமா ஈஸ்ட்டை எப்படி ஊறவைக்கிறார் என்று மறுநாள் போய் நின்று பார்த்தேன். கடையின் பின்கட்டில், ஈரச் சாக்கு சுற்றிய மண்பானை ஒன்று மணலில் புதைந்திருந்தது. கள்ளு வைத்திருந்த காலத்துப் பானை. அதிலிருந்து தண்ணீர் மொண்டு ஈஸ்ட் மேல் ஊற்றினார். விரலை விட்டுப் பார்த்தேன், பல் கூசுகிற குளிர்ச்சி.

"ஏன் மாமா இவ்வளவு ஜில்லுனு?"

"கள்ளு சூடு பட்டா புளிச்சிப் பூடும்மா. குளுமையிலதான் வெக்கோணும். முப்பது வருசமா அப்படித்தான்."

"இது கள்ளு இல்லையே. தூங்கிட்டிருக்கிற உசுரு."

"பொடிக்கு ஏதும்மா உசுரு?" என்று சிரித்தார். அந்த மாதங்களில் அவர் என்னைப் பார்த்துச் சிரித்தது அதுதான் முதல் தடவை. ஆனால் தண்ணீரை மாற்றவில்லை.

கல்லூரியில் நான் செய்து காட்டிய ஒரு சோதனை நினைவுக்கு வந்தது. ஈஸ்ட்டை அரைத்துச் சில மருந்துகள் சேர்த்தால் ஊதா நிறம் வரும். அதன் செல்லுக்குள் குளுட்டாதயோன் என்ற மூலக்கூறு இருப்பதற்கு அதுவே சாட்சி. அரைத்தால்தான் வரும். முழுசாக இருக்கும் உயிருள்ள செல் அதை வெளியே விடாது.

மருந்துகள் கிடைக்க எனக்குக் கஷ்டமில்லை. என் கணவருக்கு ஊர் ஆஸ்பத்திரி பரிசோதனைக் கூடத்தில் வேலை. சர்க்கரை வியாதி முற்றியவர்களின் சிறுநீரைச் சோதிக்க வைத்திருந்த அதே மருந்துகள்தான் எனக்கும் தேவைப்பட்டன: அமோனியம் சல்பேட் உப்பு, நைட்ரோபுருசைடு, அமோனியா. பெரிய டாக்டரிடம் கேட்டு, ஒரு மரப் பெட்டியில் வைத்துக் கொண்டுவந்தார்.

"அம்மாவுக்கு மட்டும் இது எதுக்குள்ளதுன்னு தெரிஞ்சா, உன்னயும் என்னயும் சேத்து வெளிய தள்ளிரும்" என்றார்.

"தள்ளட்டும். இங்க இருந்து வாங்குற பேச்சுக்கு அது எவ்வளவோ தேவல" என்றேன்.

மதிய நேரம். கடையில் கூட்டம் இல்லை. ஒரு தம்ளரில் பானைத் தண்ணீர், இன்னொன்றில் குழந்தையைக் குளிப்பாட்டும் பதத்தில் வெதுவெதுப்பான தண்ணீர். இரண்டிலும் ஒரே அளவு ஈஸ்ட்டை ஊறவைத்தேன். பிறகு ஆஸ்பத்திரி வடிதாளில் வடித்து, தெளிந்த தண்ணீரை மட்டும் இரண்டு கண்ணாடிக் குழாய்களில் எடுத்தேன். உப்பு, நைட்ரோபுருசைடு, கடைசியில் அமோனியா. மாமாவைக் கூப்பிட்டு, "கண்ணை எடுக்காம பாருங்க, நிறம் நிக்காது" என்றேன்.

வெந்நீர்க் குழாயில் லேசாக ஒரு ரோஜா நிறம், வந்ததா இல்லையா என்று சந்தேகப்படுகிற அளவுக்கு. பானைத் தண்ணீர்க் குழாயில் ஊதா பொங்கியது. கத்தரிப்பூ நிறம். கண்ணுக்கு முன்னாலேயே ஆழமாகிக்கொண்டு போனது. எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. கல்லூரியில் அதை எத்தனையோ முறை மாணவிகளுக்குச் செய்து காட்டியிருக்கிறேன், ஒரு முறையும் அப்படி ஆனதில்லை. அன்றுதான் அந்த நிறம் எதன் நிறம் என்று எனக்கு உறைத்தது.

சொல்லப் பார்க்கிறேன். அந்த மூலக்கூறு மிகச் சின்னது. மூன்றே மூன்று அமினோ அமிலங்கள் கைகோத்து நிற்கின்றன. நடுவில் இருப்பதன் கையில் ஒரு கந்தக அணு, அதன் நுனியில் ஒரு ஹைட்ரஜன். அவ்வளவுதான் அதன் சொத்து. நமக்கு மூச்சாக இருக்கும் ஆக்சிஜன் செல்லுக்குள் எப்போதும் நல்ல பிள்ளையாக இருப்பதில்லை. வழியில் சில முரட்டுப் பொருள்களாக உருமாறி, கண்டதையெல்லாம் அரிக்கப் பார்க்கும். அப்போது இந்தச் சின்ன மூலக்கூறு முன்னால் போய் நின்று, தன்னிடமுள்ள அந்த ஒரே ஹைட்ரஜனைக் கொடுத்து முரடனை அடக்கிவிடுகிறது. அப்படி ஹைட்ரஜனை இழந்தவை இரண்டு, கந்தகத்தோடு கந்தகமாக ஒன்றையொன்று பிடித்துக்கொள்கின்றன. செல்லுக்குள் ஒரு நொதி வந்து அந்தப் பிடியைப் பிரித்து, இரண்டுக்கும் மறுபடி ஹைட்ரஜனைக் கொடுக்கிறது. மறுபடி காவல். கண்ணுக்கே தெரியாத ஒரு நுண்ணுயிர், சர்க்கரை தின்பதைத் தவிர வேறு வேலை இல்லாதது என்று நாம் நினைக்கிற ஒன்று, தன்னைக் காத்துக்கொள்ள இத்தனை செய்துகொண்டிருக்கிறது. அதோடு நிற்கவில்லை. அதே மூலக்கூறு, அணு பிசகாமல் அதே மூலக்கூறு, கீரை இலையில் இருக்கிறது, ஆட்டு ஈரலில் இருக்கிறது, நம் ரத்தத்தில் இருக்கிறது. குழாயைப் பிடித்திருந்த என் விரல்களுக்குள்ளும், எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த மாமாவின் கண்ணுக்குள்ளும் அது அந்த நொடியில் காவல் நின்றுகொண்டிருந்தது. ஜெபத்தில்கூட எனக்கு அப்படி ஒரு நடுக்கம் வந்ததில்லை. இதைச் சொன்னால் போதகர் கோபித்துக்கொள்வார், ஆனால் உண்மை அதுதான்.

காய்ந்த செல்லின் தோல் சுருங்கி விரிசல் விட்டிருக்கும். வெதுவெதுப்பில் நனைந்தால் சட்டென்று இளகி மூடிக்கொள்ளும். குளிர்ந்த தண்ணீரில் விறைத்தபடியே கிடக்க, உள்ளே உள்ளதெல்லாம் கசிந்து வெளியே வந்துவிடும். மாவின் புரத இழைகளையும் கந்தகத்தோடு கந்தகம் பிடித்த முடிச்சுகள்தான் இறுக்கி வைத்திருக்கின்றன. வெளியே வந்த குளுட்டாதயோன் அந்த முடிச்சுகளைப் போய் அவிழ்க்கிறது. அன்று இது என் ஊகம். பல வருஷம் கழித்து, ரொட்டி மாவை ஆராய்ந்த ஒருவர் பேசியதைக் கேட்டபோதுதான், உலகம் அதை ஏற்கெனவே அறிந்திருந்தது என்று தெரிந்தது. வேலியே பயிரை மேய்ந்த கதை என்று நினைத்துவிடாதீர்கள். வேலி மேல் தப்பில்லை. வேலியைப் பிடுங்கி அடுத்தவன் வயலில் எறிந்தது நாங்கள்தான்.

மாமாவுக்கு அணுவும் கந்தகமும் எதற்கு? குழாயைக் குலுக்கினேன். காற்று பட்டு ஊதா வெளிறிக்கொண்டே போனது. அது முழுக்க மறையும் வரை அவர் குனிந்து பார்த்துக்கொண்டே இருந்தார்.

"இது அதோட ரத்தமா?" என்று கேட்டார்.

"ரத்தம் இல்ல மாமா. ஆனா அது உசுரோட இருக்கறதுக்கு உள்ள வெச்சிருக்கிற பொருள். குளுருல அது உள்ள நிக்காம வெளிய வந்திருது."

"அப்ப நெசமாவே உசுருதான்" என்றார். டின்னைக் கையில் எடுத்து மூடியைத் திறந்து உள்ளே பார்த்தார். "இத்தன உசுரையும் நடுங்க வெச்சிட்டனே."

அன்று மாலையே வெந்நீரில் ஊறவைத்தோம். வெந்நீர் என்றதும் அவர் கொதிக்கிற தண்ணீரைத் தூக்கிக்கொண்டு வந்தது தனிக் கதை. நல்ல வேளை, பாதி வழியில் மறித்தேன். முழங்கையை விட்டுப் பார்த்துச் சூடு சரி என்று நான் சொன்ன பிறகுதான் ஈஸ்ட் விழுந்தது. மாவு அவர் கைக்குள் திரண்டது. இழுத்தார், ரப்பர் மாதிரி நீண்டு திரும்பி வந்தது. அவர் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை, நான் அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டேன். மறுநாள் காலை தகர அச்சுகளிலிருந்து ரொட்டிகள் தலை நிமிர்ந்து வந்தன.

மருந்துப் பெட்டி எதற்கானது என்று அத்தைக்கு எப்படியோ தெரிந்துவிட்டது. என் கணவர்தான் உளறியிருப்பார். "மூத்திரம் பாக்கற மருந்தக் கடைக்குள்ள கொண்டாந்தீங்களா!" என்று ஒரு நாள் முழுக்கக் கத்தினார். கண்ணாடிக் குழாய் தொட்ட மேசையைச் சாம்பல் போட்டுத் தேய்த்தார். ஆனால் ரொட்டியைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை, என் நேரத்தைப் பற்றியும் சொல்லவில்லை.

கிறிஸ்துமஸ் அன்று ஆராதனை முடிந்து எல்லாரும் சர்ச் வாசலில் நின்றுகொண்டிருந்தோம். எங்கள் ரொட்டியைத் துண்டு போட்டுக் காப்பியோடு கொடுத்துக்கொண்டிருந்தார்கள். உபதேசியாரின் மனைவி ஒரு துண்டைத் தின்றுவிட்டு அத்தையிடம், "பழைய ருசி வந்திருச்சே! மருமக ராசி லேட்டா வந்தாலும் நல்லாத்தான் வந்திருக்குது" என்றார். அத்தை தலையாட்டிச் சிரித்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கெட்டதும் என்னால், நல்லதும் என்னால், நடுவில் நான் செய்த வேலை மட்டும் எங்கும் இல்லை. நாளைக்கு மழை பெய்யாவிட்டாலும் இதே வாய்கள் என் பக்கம் திரும்பும். வாயைத் திறக்கப் போனேன்.

மாமா முந்திக்கொண்டார். அதிகம் பேசாத மனிதர், கூட்டத்தில் பேசியே நான் பார்த்ததில்லை.

"ராசியுமில்ல ஒண்ணுமில்லீங்க. உசுருள்ள பொருளு மேல நான் ஜில்லுத் தண்ணிய ஊத்திக் கெடுத்தேன். அதக் கண்டுபிடிச்சது இந்தப் பொண்ணு. என் தப்புக்கு இத்தன நாளும் இது பேச்சு வாங்குச்சி. நானும் பக்கத்துல நின்னு கேட்டுக்கிட்டுத்தான் இருந்தேன்."

சண்டைக்குத் தயாராக நின்றவள், அத்தனை பேர் முன்னாலும் தேம்பித் தேம்பி அழுதேன். காப்பித் தம்ளரைக் கீழே வைத்துவிட்டு வந்து, அத்தைதான் தன் முந்தானையால் என் முகத்தைத் துடைத்துவிட்டார்.