டீக்கடையில் நின்றவர்

காலை ஆறு பத்து. காட்டுப்பாக்கத்து டீக்கடை முன் நான் போய் இறங்கியபோது முதலில் கண்ணில் பட்டது ஓர் அளவு டேப். கேமரா உதவியாளர் அதை லென்ஸிலிருந்து கதாநாயகியின் கண்வரை இழுத்துப் பிடித்திருந்தார். அவளுக்குப் பின்னால், கையில் டீ கிளாஸோடு, எங்கள் அப்பா. நாங்கள் நைனா என்போம். மீசைக்கு டை அடித்திருந்தார்.

படம் என் தம்பியுடையது. அவனுடைய பழைய குறும்படங்கள் முத்தாபுதுப்பேட்டையில் சின்ன கேமராவில் எடுத்தவை. தெருக்குழாய், ஷேர் ஆட்டோ, மாடியில் துணி காயப்போடும் பெண் எல்லாம் ஒரே தெளிவில் இருக்கும். எங்கே பார்ப்பது என்பதை நம்மிடம் விட்டுவிடுவான். இந்தப் படத்துக்கு, ஒளியைப் பிடிக்கும் சென்சார் பெரிதாக உள்ள கேமரா வந்தது. அதில் முகத்தை நெருங்கி எடுத்தால் முகம் மட்டும் நிற்கும். பின்னால் இருப்பது வெறும் நிறமாகக் கரையும். முதல் நாளே அதில் மயங்கிவிட்டான். அதற்குப் பிறகு அவன் தெருவை எடுக்கவில்லை.

"இன்னாடா, என் மூஞ்சி தெரியுமா?" என்றார் நைனா. "எங்க கம்பெனி ஆளுங்க அத்தினி பேர்கிட்டயும் சொல்லிகினு கீறேன்."

"தெரியும் நைனா. கேமராவப் பாக்காத. சும்மா டீ குடி."

"காலி கிளாஸ்ல இன்னாத்தடா குடிக்கிறது?"

எல்லோரும் சிரித்தார்கள். உதவியாளர் மட்டும் தம்பியிடம் தாழ்ந்த குரலில் சொன்னார்: "சார், மேடம் ஷார்ப்னா பெரியவர் சுத்தமா மங்கிப் போயிடுவார். லைட்ட ஏத்தி, லென்ஸோட அப்பெர்ச்சர கொறச்சா ரெண்டு பேரும் தெரிவாங்க."

தம்பி மானிட்டரைப் பார்த்தான். "வேணாம். இப்படியே அழகா இருக்கு."

நானும் கேட்டுக்கொண்டுதான் நின்றேன். நைனாவிடம் யாரும் சொல்லவில்லை.

படம் வெளியாகும் முன் மாரடைப்பில் அவர் இறந்தார். செல்போன்களில் அவர் இருக்கும் வீடியோ ஒன்றைத் தேடினோம். வீட்டு விசேஷ வீடியோக்களையெல்லாம் எடுத்தவர் அவர்தான். எதிலும் அவர் இல்லை.

பூந்தமல்லி தியேட்டரில் அம்மாவுக்கு இருபுறமும் உட்கார்ந்தோம். டீக்கடை வந்தது. கதாநாயகியின் இமை மயிரை எண்ணிவிடலாம். பின்னால் பழுப்பாக இரண்டு உருவங்கள்: இடப்பக்கம் நைனா, வலப்பக்கம் ஆட்டோ ஸ்டாண்டிலிருந்து கூட்டி வந்திருந்த ஒருவர்.

"உங்க நைனா எங்கடா?"

அம்மா சட்டென்று என் கையைப் பிடித்தாள்.

"தோ கீறாரு பாரு, இந்தாண்ட. நிக்கிறதப் பாத்தாலே தெரியல?" என்று அழுதாள்.

"ஆமாம்மா," என்றான் தம்பி.

அவள் காட்டியது ஆட்டோக்காரரை.