அறை இருபத்தாறுதான்

அருளானந்தம் அண்ணன் போய்விட்ட செய்தி வந்தபோது நான் டிரைவ்வேயில் வேனுக்கு அடியில் படுத்து ஆயில் மாற்றிக்கொண்டிருந்தேன். மனைவி வாசலில் நின்று, "ஏனுங்க, ஹேவர்ட்ல இருந்து போன். அருளானந்தம் அண்ணன் காலைல கடைக்குக் கிளம்பினவரு, கார்ல உக்காந்தபடியே போயிட்டாருங்களாமா" என்றாள். நான் உடனே வெளியே வரவில்லை. ஆயில் முழுக்க வடிந்த பிறகும் அங்கேயே கிடந்தேன். வேனுக்கு அடியில் கிடப்பவன் முகத்தை யாரும் பார்க்க முடியாது.

மறுநாள் நம் சங்கத்துச் செயலாளர் கூப்பிட்டார். "நம்ம சங்க ஆண்டு மலருக்கு அவரப் பத்தி ஒரு பக்கம் எழுதிக் குடுங்க. உங்கள விட அவருக்கு நெருக்கம் யாரு இருக்காங்க?" என்றார். அந்தப் பேச்சைப் பரப்பியதே நான்தான். "ஒரு பக்கம் என்னங்க, நாலு பக்கம் தர்றேன்" என்று சொல்லிவிட்டேன். பத்தாவதை இரண்டு முறை எழுதியும் தாண்டாதவன் நான். ஆனாலும் இந்த பே ஏரியாவில் என் வேனில் ஏறாத தமிழ்க் குடும்பம் இல்லை என்று எங்கேயும் சொல்வேன். பாதிக் குடும்பம் ஏறியிருக்கும். இந்தத் தடவை நான் சேர்த்துச் சொல்வதை எல்லாம் நானே கழித்துக்கொண்டு எழுதப் பார்க்கிறேன். பழக்கம் இல்லாத வேலை, பொறுத்துக்கொள்ளுங்கள்.

என் வேனைத் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். ஊரிலிருந்து ஆறு மாத விசாவில் வருகிற அப்பா அம்மாக்களைச் சனிக்கிழமை தோறும் சான் ஃபிரான்சிஸ்கோ கூட்டிப்போய்க் காட்டுவது என் தொழில். மகனும் மருமகளும் சனிக்கிழமையும் ஆபீசுக்கு ஓடிய காலம் அது. பெரியவர்கள் பாலத்தைப் பத்து நிமிஷம் பார்ப்பார்கள், குளிருது என்று வேனுக்குள் ஏறிவிடுவார்கள். அவர்கள் கண் விரிவது மேட்டுத் தெருவில் இருக்கும் பழைய பணக்கார மாளிகைகளைப் பார்த்தால்தான். யார் கட்டினது, எத்தனை ரூம், எத்தனை பிள்ளைகள், வாசல் ஏன் வடக்குப் பார்த்து இருக்கிறது என்று கேட்டுத் துளைப்பார்கள். எனக்கு ஒன்றும் தெரியாது. ஆனால் எல்லாவற்றுக்கும் பதில் சொல்வேன். பச்சைக் கூம்பு வைத்த வீட்டைக் காட்டி, தங்கம் தோண்டியவன் ஏழு மனைவிகளுக்கு ஆளுக்கொரு மாடியாகக் கட்டினான் என்பேன். அது மூன்று மாடி வீடு. யாரும் எண்ணிப் பார்த்ததில்லை.

தொண்ணூற்றாறாம் வருஷம் கோடையில் ஒரு சனிக்கிழமை. மேட்டின் உச்சியில், கடல் தெரிகிற சாம்பல் நிறக் கல் மாளிகையின் முன்னால் வேனை நிறுத்தினேன். பதினொரு பெரியவர்கள். "இது நாப்பது ரூமுங்க. ஓனர் நம்ம ஃபிரெண்டு. போன வாரங்கூட உள்ள உக்காந்து டீ குடிச்சோம்" என்றேன்.

படியில் இலை கூட்டிக்கொண்டிருந்த ஒல்லியான மனிதர் நிமிர்ந்தார். "அறை இருபத்தாறுதான், தம்பி."

அந்தத் தெருவில் தமிழ் கேட்டதும் பதினொரு தலையும் அவர் பக்கம் திரும்பியது. கோபியிலிருந்து வந்திருந்த கட்டட கான்ட்ராக்டர் பெரியவர்தான் முதலில் சுதாரித்தார். "டீ குடுத்தது இவருங்களா?" என்று என்னைக் கேட்டார். வேன் கூட்டம் முழுக்கச் சிரித்தது. "இவருதாங்க இங்க மேனேஜர்" என்று உடனே சமாளித்தேன். படியில் நின்றவர் மறுபடி இலை கூட்டத் தொடங்கினார்.

அருளானந்தம் அண்ணன் யாழ்ப்பாணத்தில் கட்டடங்களுக்கு வரைபடம் போடும் அரசாங்க வேலையில் இருந்தவர். சண்டைக்குத் தப்பி இங்கே வந்து, அந்த மாளிகையைப் பார்த்துக்கொள்ளும் வேலையில் சேர்ந்திருந்தார். சொந்தக்கார அம்மாள் வேறு மாநிலத்தில் இருந்தார், வருஷத்துக்கு இரண்டு முறை வருவார். மற்ற நாளெல்லாம் கடிகாரங்களுக்குச் சாவி கொடுப்பதும் தரைக்கு மெழுகு போடுவதும் ஒழுகல் பார்ப்பதும் அண்ணன்தான். கராஜுக்குப் பக்கத்தில் ஓர் அறை அவருக்கு. கிரீன் கார்டு வந்து, கொழும்பில் இருந்த மனைவியையும் மகளையும் ஸ்பான்சர் பண்ணியிருந்தார். இதெல்லாம் பிறகு தெரிந்தது.

அன்றைக்கு என் கூட்டத்தில் பொள்ளாச்சி அம்மா ஒருவர், பாத்ரூம் போகவேண்டும் என்று அரை மணி நேரமாகச் சொல்லாமல் அடக்கிக்கொண்டு நின்றார். அந்தப் பணக்காரத் தெருவில் ஒரு கடை கிடையாது. நான் "இதோ, பத்து நிமிஷத்துல போயிரலாமுங்க" என்று சொல்லிக்கொண்டிருந்தேன். அண்ணன் அந்த அம்மாவின் முகத்தைப் பார்த்தார், விளக்குமாற்றைச் சுவரில் சாத்தினார். "வாங்கோ அம்மா. பின்பக்கத்தால வேண்டாம், முன்பக்கத்தாலேயே வாங்கோ" என்றார்.

ஒருவர் போனால் மற்றவர்கள் நிற்பார்களா? பதினொரு பேரும் பின்னால் போனார்கள். யாரும் சொல்லாமலே பளிங்குப் படியில் செருப்புகளைக் கழற்றி வரிசையாக விட்டார்கள். ஹவாய் செருப்பு, மருமகன் வாங்கிக் கொடுத்த வெள்ளை ஷூ, ஆணி செருப்பு ஒன்று. அண்ணன் அந்த வரிசையைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றார். "இந்த வீட்டுக்கு இப்பிடி ஆரும் வந்ததில்லை" என்றார். மெழுகு போட்ட தரையில் அத்தனை பேரும் கோயிலில் நடப்பதுபோல் நடந்தார்கள். சுவரில் எண்பத்தொன்பதாம் வருஷ நிலநடுக்கத்தின்போது விட்ட வெடிப்பின் இரண்டு முனையிலும் அவர் பென்சிலால் மெல்லிய கோடு போட்டு, பக்கத்தில் தேதி எழுதியிருந்தார். "வெடிப்பு இந்தக் கோட்டைத் தாண்டினா வீடு அசையுதெண்டு அர்த்தம். ஆறு வருசமாத் தாண்டேல்லை" என்றார். கோபி பெரியவர் சுவரில் காதை வைத்துத் தட்டிப் பார்த்து, "சுண்ணாம்புங்களா?" என்று கேட்க, இரண்டு பேரும் கால் மணி நேரம் சுண்ணாம்பைப் பற்றியே பேசினார்கள். என் வேன் தொழிலில் எனக்கு ஒரு பொய்யும் தேவைப்படாத நாற்பது நிமிஷம் அதுதான்.

பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் அவரை லிவர்மோர் கோயிலுக்கு என் வேனில் கூட்டிப்போவேன். அப்போது அவருக்குக் கார் கிடையாது. மலையேறி இறங்கும்வரை என் கதைகளைச் சொல்ல வைத்துக் கேட்பார். முடிவில், "நீர் சொல்லுறது வடிவா இருக்கு. நடக்கேல்லை" என்பார். ஏழு மனைவி கதைக்கு அவர் சிரித்த சிரிப்பில் சீட் பெல்ட்டைக் கழற்ற வேண்டியதாயிற்று. இதில் சேர்க்கை இல்லை, நிஜமாகவே கழற்றினார். இன்னொன்றும் அடிக்கடி சொல்வார். "வீடு பெரிசெண்டு சொல்லத் தேவையில்லை, தம்பி. அளவைச் சொன்னாக் காணும்." காணும் என்றால் அவர் ஊர்ப் பேச்சில் போதும்.

என்னிடம் அவர் கேட்டது ஒன்றே ஒன்று. "அண்டைக்கு நடந்தது அண்டையோட இருக்கட்டும். வெளியில சொல்லாதையும். என்ர வேலை அதில இருக்கு." லிவர்மோர் சிவன் சந்நிதியைப் பார்த்தபடியே சரி என்றேன்.

கோபி பெரியவரின் மகன், அன்றைக்குப் பெரியவர் கேமராவில் எடுத்த ஒரு போட்டோவைக் கொடுத்தார். மாளிகைக் கூடத்தில், சிங்கக் கால் வைத்த நாற்காலியில் பெரியவர் வெறுங்காலோடு உட்கார்ந்திருக்கும் படம். அதைப் பார்த்ததும் என் கை நிற்கவில்லை. மஞ்சள் தாளில் நோட்டீஸ் அடித்தேன். படத்தைப் பெரிதாகப் போட்டு, 'மாளிகைக்குள்ளேயே சென்று காணலாம். உரிமையாளர் நம் நண்பர்' என்று எழுதினேன். ஜனங்கள் நம்பவேண்டும் என்று தெருப் பெயரையும் கதவு எண்ணையும் சேர்த்தேன். சன்னிவேலிலும் ஃப்ரீமான்ட்டிலும் நம் மளிகைக் கடைகளில் ஒட்டினேன். எனக்கு போன் வரும் என்று எதிர்பார்த்தேன்.

நியூ ஜெர்சி பிளெய்ன்ஸ்பரோவிலிருந்து உறவினர் வீட்டுக்கு வந்திருந்த ஒரு குடும்பம் அந்த நோட்டீஸைப் பார்த்தது. அவர்களிடம் மினிவேன் இருந்தது, என் வேன் எதற்கு? நேரே போனார்கள். ஏழு பேர். படியில் செருப்பைக் கழற்றிவிட்டு மணியை அடித்தார்கள். அன்றைக்கென்று சொந்தக்கார அம்மாளின் ஆபீசிலிருந்து கணக்கெடுக்க ஒரு பெண்மணி வந்திருந்தார். கதவைத் திறந்தது அவர்.

அண்ணன் எனக்கு போனில் சொன்னது இவ்வளவுதான். "ஏழு பேர் வெறுங்காலோட நிக்கினம், கையில அந்தச் சிங்கக்கால் கதிரையின்ர படம் போட்ட நோட்டீஸ். என்னைப் போகச் சொல்லிப்போட்டினம். சாமான் ஏத்த உம்மட வான் வருமோ?" நோட்டீஸ் யார் அடித்தது என்று அவர் கேட்கவில்லை. என் பேரும் போன் நம்பரும்தான் அதில் கொட்டை எழுத்தில் இருந்ததே.

அன்று சாயங்காலமே கடை கடையாகப் போய் எல்லாவற்றையும் கிழித்தேன். மறுநாள் வேனை எடுத்துக்கொண்டு போனேன். இரண்டு பெட்டி, ஒரு வரைபலகை, அரை மூட்டை அரிசி. அந்த ஆபீஸ் பெண்மணி கதவருகில் சாவிக்காகக் காத்திருந்தார். எனக்கும் அவருக்கும் பத்தடி. ஹைவே போலீஸிடம் இங்கிலீஷில் வாதாடி ஜெயித்தவன் நான் என்று உங்களிடமெல்லாம் எத்தனை தடவை சொல்லியிருக்கிறேன். 'இவருக்குத் தெரியாது மேடம், நோட்டீஸ் என்னுடையது' என்று சொல்ல எத்தனை இங்கிலீஷ் வேண்டும்? நான் குனிந்து, காற்று சரியாக இருந்த டயரை அழுத்திப் பார்த்தேன். அண்ணன் சாவியை அவரிடம் கொடுத்துவிட்டு வேனில் ஏறினார். பாலம் தாண்டிய பிறகு, "அந்தப் பெரிய மணிக்கூட்டுக்கு வியாழக்கிழமை சாவி குடுக்கோணும். ஆருக்குத் தெரியும்?" என்று மட்டும் கேட்டார்.

வேலையில் இருக்கிறார் என்ற கடிதம் இல்லாமல், மனைவிக்கும் மகளுக்கும் போட்டிருந்த ஸ்பான்சர் பேப்பர் நின்றுபோனது. ஹேவர்ட்டில் ஒரு கடையில் பெயின்ட் கலக்கும் வேலை கிடைத்து, பேப்பர் மறுபடி நகர்ந்து, மனைவி பரமேஸ்வரி அக்காவும் மகள் தர்சினியும் வந்து சேர்வது பதினான்கு மாதம் தள்ளிப்போயிற்று.

நம் ஆட்கள் நடுவில் பேச்சு வேறு மாதிரி வந்தது. அருளானந்தம் அந்த வீட்டைத் தன் வீடு மாதிரிக் காட்டிப் பெருமை அடித்துக்கொண்டாராம், அதனால்தான் வேலை போயிற்றாம். என் காதுபடவே சொன்னார்கள். நான் மறுக்கவில்லை. "நான் அப்பவே சொன்னேங்க, கேக்கல" என்றும் சேர்த்துக்கொண்டேன். வாழ்க்கையில் எத்தனையோ சேர்த்திருக்கிறேன். அந்த ஒரு வரியைத்தான் இன்றுவரை கழிக்க முடியவில்லை.

காரியம் முடிந்த அன்று பரமேஸ்வரி அக்கா என்னைத் தனியாகக் கூப்பிட்டார். "அண்ணா, அந்தப் பெரிய வீட்டு வேலை என்னெண்டு போச்சுதெண்டு அவர் கடைசி மட்டும் சொல்லேல்லை. சனம் சொல்லுறதைத்தான் நானும் நம்பினனான். கோவத்தில ஒருக்கா அதைச் சொல்லியும் காட்டிப்போட்டன். உங்களுக்கு ஏதும் தெரியுமோ?"

"தெரியாதுங்கக்கா" என்றேன். அன்றைக்கும்.

வீட்டுக்கு வந்து வேனின் டேஷ்போர்டு டிராயரைத் திறந்து அந்தத் தாளை எடுத்தேன். வேலை போன மறு மாதம் லிவர்மோர் கோயிலில் அண்ணன் என் கையில் கொடுத்த தாள் அது. "சும்மாதானே இருக்கிறன், லைப்ரரிக்குப் போனனான். இனி இதைச் சொல்லும்" என்றார். நான் நிறுத்துகிற ஒன்பது மாளிகைகளைப் பற்றியும் வரைபடக்காரர் கையெழுத்தில், அச்சு மாதிரி எழுதியிருந்தார். கட்டிய வருஷம், மாடி, அறை, என்ன மரம், என்ன கல். ஏழு மனைவி வீட்டுக்கு நேரே 'மூன்று மாடி, ஒரு மனைவி' என்று இருந்தது. நிஜம் சப்பென்று இருக்கிறது என்று ஐந்து வருஷமாக அதை மடித்தே வைத்திருந்தேன். கடைசி வீட்டுக் குறிப்பை நான் படித்ததுகூட இல்லை.

நேற்று ஹேவர்ட்டுக்குப் போனேன். பதினொரு பேர் உள்ளே போனது, நோட்டீஸ், டயர், 'கேக்கல' என்று சொன்னது, எல்லாவற்றையும் அக்காவிடம் சொல்லிவிட்டுத் தாளைக் கொடுத்தேன். எழுதலாமா என்று அவரிடம் அனுமதி வாங்கிய பிறகுதான் இதை மலருக்கு எழுதுகிறேன். அக்கா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கடைசிக் குறிப்பை வாய்விட்டு வாசித்தார். "அறை இருபத்தாறு. கூடத்துத் தரை ஓக் மரம். ஒரு சனிக்கிழமை தமிழ்நாட்டவர் பன்னிரண்டு பேர் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து பார்த்தனர். தரையில் கீறல் இல்லை." பிறகு நிமிர்ந்து, "நீங்கள் பதினொண்டெண்டு சொன்னனீங்கள்" என்றார்.

"என்னையும் சேத்திருக்காருங்க அக்கா."

அக்கா அந்தக் குறிப்பை மறுபடியும் சத்தமாக வாசித்தார். தர்சினி உள்ளேயிருந்து, "அம்மா, ஆர் யூ ஓகே?" என்றாள். அக்கா தாளை மடித்து என் பக்கம் தள்ளினார். "பதினாலு மாசம், அண்ணா" என்றார். கொஞ்சம் கழித்து, "இது உங்களுக்கு எழுதினது. நீங்களே வையுங்கோ. ஆனா வாசியுங்கோ" என்றார்.

அது இப்போது வேனில், என் தலைக்கு மேலே வெயில் தடுப்பில் செருகி இருக்கிறது. அண்ணனிடமிருந்து என்னிடம் இருப்பது அது ஒன்றுதான். வருகிற சனிக்கிழமை ஒன்பது பெரியவர்கள் வருகிறார்கள், தாளைப் பார்த்தே வாசிப்பேன். அவரை அறிந்த உங்களுக்கும், பெருமைக்காரர் என்று என் பேச்சைக் கேட்டு நம்பியவர்களுக்கும், அவர் விரும்பியபடி அளவை மட்டும் சொல்லி முடிக்கிறேன். அறை இருபத்தாறு. ஆள் பன்னிரண்டு. மாதம் பதினான்கு.